காஞ்சன சீதை: திரையில் ஒரு தோன்றா எழுவாய்

மொழிக்குறிகளை மொழியல்லாத குறிகளாக மாற்றுவதும் மொழிபெயர்ப்பின் ஒரு வகையே என்று ரோமன் யாக்கப்சன் 1959இல் வகுத்துரைத்தார். அவ்வகைக்குத் தென்னிந்தியாவில் கிடைக்கும் அரிய சான்று, ஜி. அரவிந்தன் 1977இல் இயக்கிய காஞ்சன சீதை என்னும் மலையாளத் திரைப்படம் ஆகும். மூலத்தின் சொற்களை இழந்தும் பொருளைக் காக்க இயலுமா என்பதே இப்படம் மொழிபெயர்ப்பாளர் முன் வைக்கும் வினா.

கோட்டயத்தில் 1935இல் பிறந்து, 1991இல் திருவனந்தபுரத்தில் மறைந்த அரவிந்தன், கேலிச்சித்திரக் கலையிலிருந்து திரைக்கு வந்தவர். 1965இல் திருவனந்தபுரத்தில் தோன்றிய சித்ரலேகா திரைப்படச் சங்கம் முதலியவை கேரளத்தில் மாற்றுத் திரைப்படத்திற்கென ஒரு சுவைஞர் கூட்டத்தை உருவாக்கியிருந்தன. அச்சூழலில் வெளிவந்த இப்படம், சி. என். ஸ்ரீகண்டன் நாயரின் அதே பெயர்கொண்ட நாடகத்தைத் தழுவியது. நாடகம் சொல்லால் நடப்பது; படமோ உரையாடலை மிகவும் சுருக்கிக்கொண்டது. ஆந்திரத்தின் வனப்பகுதியில், இராமனின் வழிவந்தோர் எனத் தம்மைக் கூறிக்கொள்ளும் இராம செஞ்சு பழங்குடியினரே இராம இலக்குவராக நடித்தனர். இப்படம் அரவிந்தனுக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதைப் பெற்றுத் தந்தது.

படத்தில் சீதை மானிட உருவில் தோன்றுவதில்லை. காற்றின் அசைவு, இலைகளின் நடுக்கம், ஆற்றின் ஒழுக்கு ஆகியவையே அவளாகின்றன. இதனைப் பிரகிருதி, புருடன் என்னும் சாங்கியக் கருத்தால் விளக்குவது பெருவழக்கு. எனினும் இலக்கண நோக்கில் இதனைத் தோன்றா எழுவாய் எனல் பொருந்தும். எழுவாய் வெளிப்படாத தொடரில் வினை நிற்கிறது. வினையைக் கொண்டு எழுவாயை உணர்கிறோம். படத்திலும் அசைவு காணப்படுகிறது, அசைவிப்பவள் காணப்படுவதில்லை.

இவ்விடத்தில் தமிழும் மலையாளமும் வேறுபடுதல் கருதத்தக்கது. ‘வந்தாள்’ எனும் தமிழ் வினையின் விகுதியே திணை, பால், எண், இடம் ஆகியவற்றைக் காட்டிவிடும். இன்றைய மலையாள வினை அவ்விகுதிகளை இழந்துவிட்டது. ‘வந்நு’ என்பது நான், அவள், காற்று என யாவற்றுக்கும் பொதுவாய் நிற்பது. எழுவாயைச் சூழலே தரவேண்டும். அரவிந்தனின் காட்சிகளும் அவ்வாறு விகுதியற்ற வினைகளே. காற்று காற்றாகவும் இருக்கலாம், சீதையாகவும் இருக்கலாம். இராமகதையை அறிந்தோரின் நினைவே அங்குச் சூழலாகிறது.

இப்படத்தைத் தமிழில் விவரிப்போர்க்கு இதனால் ஓர் இடர்ப்பாடு நேர்கிறது. ‘காற்று வந்தது’ என எழுதின் சீதை மறைகிறாள். ‘சீதை வந்தாள்’ என எழுதின் காற்று மறைகிறது. படம் திறந்து வைத்ததைத் தமிழ் விகுதி அடைத்துவிடுகிறது. ‘வருகை’, ‘அசைவு’ போன்ற தொழிற்பெயர்களைக் கையாள்வது இவ்விடர்ப்பாட்டை ஓரளவு தவிர்க்க உதவும். உரையாடலை மட்டுமே பெயர்க்கும் துணைத்தலைப்போ படத்தின் தலைமைப் பாத்திரத்தைத் தொடுவதே இல்லை. ஆயினும் அவ்வெற்றிடத்தில் சீதையின் பெயரைப் பொறிப்பது அதனினும் பெரும் பிழையாகும்.

படத்தின் தலைப்பே இதற்குச் சான்று. வேள்வியில் மனைவியின் இடத்தை நிரப்ப இராமன் பொன்னால் ஒரு சீதையைச் செய்வித்தான் என்பது உத்தரகாண்டக் கதை. அப்படிமம் கண்ணுக்குத் தெரிவது, ஆனால் சீதையன்று. உருவை மட்டும் பெயர்த்து உயிரை விட்ட மொழிபெயர்ப்புக்கு அது நிகரானது.

இம்முறைக்கு ஒரு குறையும் உண்டு. இயற்கையாக்கப்பட்ட சீதை வினவ இயலாதவள் ஆகிறாள். ஆறு தழுவும், வழக்குரைக்காது. தன்னைத் துறந்தவனிடம் நீதி கேட்கும் உரிமையுடைய ஒருத்தியின் குரல் அழகிய மௌனத்துள் அமிழ்ந்துபோகிறது. இறுதியில் இராமன் ஆற்றினுள் நடந்து செல்வது ஒன்றுதலாகக் காட்டப்படுகிறதேயன்றி, அவளுக்குரிய விடையாக அமையவில்லை. தோன்றா எழுவாய் தொடரை ஆளலாம். ஆனால் தானே பேச இயலாது. அரவிந்தனின் மொழிபெயர்ப்பு எய்திய உயரமும் அதன் எல்லையும் இதுவே எனலாம்.