நான்-கோர்: நீர்மூழ்கியும் தையல் இயந்திரமும்

பாதுகாப்பு அமைச்சகத்தின் கோப்புகளில் புழங்கும் இரண்டு சொற்கள் கோர், நான்-கோர். ராணுவத் தொழிற்சாலைகளிலேயே செய்தாக வேண்டிய பொருள் என்றால் கோர். வெளிச்சந்தையில் யாரிடம் வேண்டுமானாலும் வாங்கிக்கொள்ளலாம் என்றால் நான்-கோர். 2017இல் அமைச்சகம் நீளமானதொரு நான்-கோர் பட்டியலைத் தயாரித்தது. படைவீரர்களின் சீருடையும் அதில் இருந்தது. 1961 முதல் அந்தச் சீருடைகளைத் தைத்துவரும் ஆவடி படை உடைத் தொழிற்சாலையின் எதிர்காலம் அந்த ஒரு சொல்லில் ஆட்டம் கண்டது. ஊர்ப்பேச்சில் அது ஓசிஎஃப். பெண்கள் நிறையப் பேர் தையல் வேலை பார்க்கும் இடம்.

அதே 2017 நவம்பரில், விசாகப்பட்டினத்தில், இந்தியா கட்டிய இரண்டாவது அணுசக்தி நீர்மூழ்கியான 'அரிகாட்' சத்தமில்லாமல் நீரில் இறக்கப்பட்டது. ஒரே ஆண்டில், ஒரே அமைச்சகத்தில் நடந்த இந்த இரண்டையும் அருகருகே வைத்துப் படிக்க விரும்புகிறேன்.

ஆவடியில் கடல் கிடையாது. இங்கிருப்பவை டேங்க் ஃபேக்டரி, ஓசிஎஃப், போர் வாகன ஆராய்ச்சி நிலையமான சிவிஆர்டிஇ, விமானப்படைத் தளம். நீர்மூழ்கித் திட்டத்தின் தமிழ்நாட்டு உறுப்புகள் வேறிடங்களில் இருக்கின்றன. அதன் அணு உலைக்கான மாதிரி உலை கல்பாக்கத்தில்தான் இயக்கிப் பார்க்கப்பட்டது. கடலுக்கடியில் இருக்கும் நீர்மூழ்கிக்கு மிகத் தாழ்ந்த அலைவரிசையில் செய்தி அனுப்பும் நிலையம் திருநெல்வேலி மாவட்டத்து விஜயநாராயணத்தில் இருக்கிறது. அதற்கு ஐஎன்எஸ் கட்டபொம்மன் என்று பெயர். ஆவடிக்கு இந்தக் கதையில் இடம் கிடைப்பது கணக்கேட்டின் வழியாக. எதை விட்டுவிடலாம், எதை ஒருபோதும் விட முடியாது என்று அமைச்சகம் முடிவு செய்யும்போது, விட்டுவிடலாம் என்ற பக்கத்தில் வந்து நிற்கிறது இந்த ஊர்.

அணு ஆயுதங்களைப் பற்றிய பெண்ணிய விமர்சனத்துக்கு நெடிய மரபு உண்டு. அதில் நாம் அடிக்கடி திரும்பிச் செல்லும் கட்டுரை, கரோல் கோன் 1987இல் 'சைன்ஸ்' இதழில் எழுதியது. அமெரிக்காவின் அணு ஆயுத வல்லுநர்களோடு ஓராண்டு இருந்து, அவர்கள் பேசும் மொழியைக் கேட்டு எழுதினார். நீர்மூழ்கி ஒன்றைப் பார்க்கப் போன குழுவினர், உள்ளே இருக்கும் ஏவுகணையைக் கைவிட்டுத் தட்டிக்கொடுக்க அழைக்கப்பட்ட காட்சி அதில் வருகிறது. ஆயுதத்தைச் செல்லப்பிராணியாகவும் ஆண் உறுப்பாகவும் பிறந்த குழந்தையாகவும் பேசும் மொழியில், சாகப்போகும் மனிதர்களுக்குச் சொல்லே இல்லை என்பதை அவர் காட்டினார். அந்த மொழியைக் கற்கக் கற்கத் தனக்கே அந்த மனிதர்கள் மங்கிப்போனதையும் எழுதினார்.

அந்தக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நம் ஊர்ச் சடங்குகளைப் பார்ப்பது கடினமல்ல. 2009 ஜூலை 26 அன்று முதல் நீர்மூழ்கியான அரிஹந்த், பிரதமர் மன்மோகன் சிங்கின் மனைவி குர்ஷரண் கௌர் தேங்காய் உடைக்க, நீரில் இறங்கியது. கப்பலுக்குப் பெயர் சூட்ட அதிகாரத்தில் உள்ள ஆணின் மனைவி வருவது கடற்படை வழக்கம். பிறப்புச் சடங்குக்கு ஒரு சுமங்கலி வேண்டும். கட்டலாமா வேண்டாமா என்ற கேள்வி எழுந்த அறையில் அந்த மனைவிக்கு வேலையில்லை.

பெயரைப் பாருங்கள். அரிஹந்த் என்றால் பகைவரைக் கொன்றவன். சமணத்தில் அந்தப் பகைவர் வெளியே இல்லை. சினம், ஆசை, செருக்கு ஆகிய உட்பகைகளை வென்றவரையே அச்சொல் குறிக்கிறது. தமிழில் நாம் அருகன் என்று அறிந்த தெய்வம் அது. சிலப்பதிகாரத்துக் கவுந்தியடிகள் அந்த அருகனை வணங்கியவர். வழியில் சிற்றுயிர்கள் மிதிபட்டுவிடுமோ என்று அஞ்சி நடந்த பெண் துறவி. அவருடைய கடவுளின் பெயரை 6,000 டன் எடையுள்ள அணு ஆயுதக் கப்பலுக்கு வைத்திருக்கிறோம்.

இவ்வளவும் சரிதான். ஆனால் இந்த இடத்தில் நின்றுவிடும் விமர்சனம் எனக்குப் போதவில்லை. ஏவுகணையின் வடிவத்தைக் கேலி செய்வதாலோ தேங்காயைக் கேள்வி கேட்பதாலோ எந்தத் திட்டமும் ஒரு நாள்கூடத் தள்ளிப்போனதில்லை. ஆண்மை மொழி விழாவுக்கு உரியது. முடிவுகள் எழுதப்படுவது வேறொரு மொழியில். பால் அடையாளமே இல்லாதது போலத் தோன்றும் அலுவலக மொழி அது. கோர், நான்-கோர் என்பவை அந்த மொழியின் சொற்கள். பெண்கள் எங்கே இருக்கிறார்கள் என்று ராணுவத்தைப் பார்த்துக் கேட்கச் சொன்னவர் சிந்தியா என்லோ. அந்தக் கேள்வியை மேடையிலிருந்து பட்டியலுக்கு இறக்கிக் கொண்டுவர வேண்டும்.

அணுசக்தி நீர்மூழ்கிப் படை எப்படித் தன்னைத் தானே புதுப்பித்துக்கொள்கிறது என்று பார்த்தால் இது விளங்கும். ஒரு கப்பல் எப்போதும் கடலடியில் ஒளிந்திருக்க வேண்டும் என்றால் மூன்று, நான்கு கப்பல்கள் தேவை. ஒன்று ரோந்தில் இருக்கும்போது மற்றொன்று பழுதுபார்ப்பில் இருக்கும், இன்னொன்று பயிற்சியில். ஒன்றைக் கட்டப் பத்து, பதினைந்து ஆண்டுகள் பிடிக்கும் என்பதால், முதல் கப்பல் முதுமை அடையுமுன்பே அடுத்த தலைமுறைக்கு வேலை தொடங்கிவிட வேண்டும். அரிஹந்த் 2016இல் படையில் சேர்ந்தது, அரிகாட் 2024 ஆகஸ்ட் 29இல். அவற்றுக்குப் பின்னால் அரிதமன், அதற்குப் பின்னால் நான்காவது, அதற்கும் அடுத்து இன்னும் பெரிய எஸ்-5 வகை. ரஷ்யாவிடம் குத்தகைக்கு எடுத்த 'சக்ரா'வும் இப்படித்தான். 1988இல் வந்தது 1991இல் திரும்பியது. 2012இல் வந்தது 2021இல் திரும்பியது. மூன்றாவதற்கு 2019இலேயே ஒப்பந்தமாகிவிட்டது. ஒருமுறை 'ஆம்' என்றால் அடுத்த ஐம்பது ஆண்டுகளுக்கும் 'ஆம்' என்றே பொருள்.

இந்தத் தொடர்ச்சிக்குச் சொல்லப்படும் காரணங்களில் ஒன்று தொழிலாளியின் கைத்திறன். மும்பை மசகான் கப்பல் தளத்தில் ஜெர்மானிய வடிவமைப்பில் இரண்டு டீசல் நீர்மூழ்கிகள் கட்டப்பட்டு, 1994க்குப் பிறகு ஊழல் புகாரின் நிழலில் வேலை நின்றுபோனது. பயிற்சி பெற்ற வெல்டர்களின் திறன் வீணானதைப் பற்றிக் கடற்படையினர் இன்றுவரை வருந்துகிறார்கள். பிரிட்டனிலும் அதே கதை. பனிப்போர் முடிந்தபோது பாரோ நகரின் நீர்மூழ்கித் தளத்தில் ஆயிரக்கணக்கானோர் வேலையிழந்தார்கள். மறுபடி கட்டத் தொடங்கியபோது திறன் இல்லாமல் திட்டம் தடுமாறியது. இனி இடைவெளியே விடக்கூடாது என்பது அங்கே பாடமானது. பழைய வேன்கார்ட் கப்பல்களுக்குப் பதில் புதியவற்றைக் கட்ட 2016 ஜூலையில் நாடாளுமன்றம் 472க்கு 117 என்று வாக்களித்தபோது அந்தப் பாடமும் கூடவே இருந்தது.

வெல்டரின் திறன் நாட்டின் சொத்து என்பதை நானும் ஏற்கிறேன். ஆனால் கடினமான துணியில், அளவு பிசகாமல், ஆயிரக்கணக்கில் தைக்கும் பெண்ணின் திறன் போனால் மறுபடி வராதே என்று எந்த அதிகாரி கவலைப்பட்டார்? வீட்டில் எல்லாப் பெண்ணுக்கும் தெரிந்ததுதானே தையல் என்ற நினைப்பு, நான்-கோர் என்ற சொல்லுக்குள் ஓசையில்லாமல் உட்கார்ந்திருக்கிறது. 2021 அக்டோபர் 1 அன்று 41 ராணுவத் தொழிற்சாலைகளும் ஏழு கம்பெனிகளாகப் பிரிக்கப்பட்டன. ஓசிஎஃப் சேர்ந்த கம்பெனியின் பெயர் 'ட்ரூப் கம்ஃபர்ட்ஸ் லிமிடெட்'. படைவீரர்களின் சௌகரியம்! உடுத்தக் கொடுப்பதும் போர்த்திவிடுவதும் சௌகரியமாம். அழிப்பது மட்டும் பாதுகாப்பு.

இந்தச் சொல் எவ்வளவு வளையும் என்பதற்கும் சான்று உண்டு. 2020இல் கொரோனா வந்தபோது ஓசிஎஃப்பில் மருத்துவப் பணியாளர்களுக்கான முழு உடல் கவச உடை தைத்தார்கள். அந்த மாதங்களில் அதைவிடக் கோரான பொருள் நாட்டில் என்ன இருந்தது? மறு ஆண்டு, கம்பெனியாக்கத்தை எதிர்த்துத் தொழிற்சங்கங்கள் வேலைநிறுத்தம் அறிவித்ததும் அரசு கொண்டுவந்த தடைச் சட்டத்தின் பெயர் 'அத்தியாவசியப் பாதுகாப்புப் பணிகள் சட்டம், 2021'. ஆர்டர் கேட்டால் நான்-கோர், வேலையை நிறுத்தினால் அத்தியாவசியம். வீட்டு வேலையைப் பற்றி நமக்குத் தெரிந்த வழக்குதான் இது. செய்யும்போது அது வேலையே இல்லை, செய்யாவிட்டால் குற்றம்.

பெண்களை உள்ளே கொண்டுவந்தால் இது மாறிவிடுமா? நார்வேயில் 1995லேயே சொல்வைக் க்ரே என்ற பெண் நீர்மூழ்கிக்குத் தலைமை ஏற்றார். அரிஹந்த் தன் முதல் அணு ஆயுத ரோந்தை முடித்ததாக 2018 நவம்பரில் அறிவிக்கப்பட்டபோது நம் பாதுகாப்பு அமைச்சர் ஒரு பெண், மதுரையில் பிறந்தவர். பட்டியல் மாறவில்லை. உள்ளே போகும் உரிமையை நான் மறுக்கவில்லை. பட்டியல் எப்படி எழுதப்படுகிறது என்று கேட்பது அதிலிருந்து வேறான வேலை.

இன்னொரு தோழி கேட்கக்கூடும்: சீருடையைக் கோரில் சேருங்கள் என்றால், போர் இயந்திரத்துக்குள் பெண்ணுக்கு நல்ல நாற்காலி கேட்பது ஆகாதா? நியாயமான கேள்வி. ஆவடியில் பல குடும்பங்களின் சோறு ராணுவ ஆர்டரில்தான் இருக்கிறது, அதை மறைத்துக்கொண்டு அமைதி பேசுவது எளிது. பாரோவில் 1980களில் தொழிலாளர்களும் சங்கத்தினரும் சேர்ந்து இதே முடிச்சை அவிழ்க்க முயன்றார்கள். டிரைடன்ட் நீர்மூழ்கிக்குப் பதிலாகக் கடல் அலையிலிருந்து மின்சாரம் போன்ற வேலைகளை அந்தத் தளத்தில் செய்யலாம் என்று 1987இல் அறிக்கை எழுதினார்கள். யாரும் கேட்கவில்லை. நம்மிடமோ அறிக்கைக்கும் மேலான ஒன்று இருக்கிறது. 2020இல் அதே தையல் இயந்திரங்கள், அதே கைகள், வேறு உடை. சீருடை தைத்த கூடத்தில் செவிலியருக்கான உடை தைக்க முடிந்தது. அணு உலை பொருத்திய கப்பலை அப்படி வேறொன்றாக்க முடியாது. பிரிட்டன் 1980 முதல் ஓய்வு கொடுத்த 20 நீர்மூழ்கிகளில் ஒன்றைக்கூட 2019 வரை முழுமையாகப் பிரித்து அப்புறப்படுத்த இயலவில்லை. நிறுத்திவைத்துக் காவல் காத்ததற்கே ஏறத்தாழ 50 கோடி பவுண்டு செலவானதாக அந்நாட்டுத் தணிக்கை அலுவலகம் கணக்குச் சொன்னது.

அரிஹந்தும் ஒருநாள் ஓய்வு பெறும். அதற்குப் பதில் எது வரும் என்பது எழுதப்பட்டுவிட்டது. அதன் உலையை எங்கே வைப்போம், யார் காவல் காப்பார்கள் என்று பொதுவில் யாரும் பேசவில்லை. ஓசிஎஃப்பிலும் ஒவ்வொரு மாதக் கடைசியிலும் ஒருசிலர் ஓய்வு பெறுகிறார்கள். அந்த இருக்கைக்கு யார் வருவார்கள், நிரந்தர வேலையாகவா ஒப்பந்தமாகவா என்ற கேள்வியும் பாதுகாப்பு பற்றிய கேள்விதான். அதை நாடாளுமன்றத்திலும் வகுப்பறையிலும் நீர்மூழ்கிக்குப் பக்கத்திலேயே வைத்துக் கேட்க வேண்டும்.