சமதர்மமும் சமூகநீதியும்: கலைச்சொற்களில் வேற்றுமையுறவு

1. முன்னுரை

கலைச்சொற்களை மதிப்பிடுங்கால் பொருட்பொருத்தம், எளிமை, சொற்றூய்மை ஆகிய மூன்றையும் அளவுகோல்களாகக் கொள்வது வழக்கம். இயற்பியல், மருத்துவம் போன்ற துறைகளுக்கு இவை பெரிதும் போதுமானவை. அரசியல், சட்டத் துறைச் சொற்களுக்கோ மேலும் ஓர் அளவுகோல் தேவைப்படுகிறது. நீதி, உரிமை, சமத்துவம் என்பன மாந்தரிடையே நிலவும் உறவைக் குறிக்கும் கருத்துகள். அவற்றுக்குரிய சொல் தொடரில் அமையும்போது ஒருவரைச் செய்வோராகவும் மற்றொருவரைக் கொள்வோராகவும் நிறுத்துகிறது. அத்தொடரில் குடிமக்கள் எவ்வேற்றுமையில் நிற்கின்றனர் என்பது மொழிபெயர்ப்பாளர் கருதவேண்டிய வினாவாகும். சோஷலிசம், சமூகநீதி ஆகிய கருத்துகளையொட்டித் தமிழில் வழங்கும் சில சொற்களை இவ்வினாவின் அடிப்படையில் மதிப்பிடுவது இக்கட்டுரையின் நோக்கம்.

2. ஒரு கருத்து, பல பெயர்கள்

1976ஆம் ஆண்டின் 42ஆம் திருத்தம் இந்திய அரசமைப்பின் முகப்புரையில் ‘சோஷலிஸ்ட்’, ‘செக்யுலர்’ என்னும் இரு அடைமொழிகளைச் சேர்த்தது. முதற்சொல்லை இந்திய மொழிகள் ஒரே வகையில் பெயர்க்கவில்லை. இந்தியும் கன்னடமும் ‘சமாஜவாதி’ என்றன. இங்குச் ‘சமுதாயம்’ என்னும் கருத்தே மையம். தெலுங்கு ‘சாம்யவாத’ என்றது. இதே சொல் இந்தியில் கம்யூனிசத்தைக் குறிக்கும். மலையாளம் ‘ஸ்திதிசமத்வ’ என நிலைமைச் சமத்துவத்தை முன்னிறுத்தியது. தமிழில் ‘சமதர்ம’ என்பது பெருவழக்காகவும், அரசமைப்பின் தமிழாக்கத்தில் ‘சமநலச் சமுதாயம்’ என்பதாகவும் அமைந்தன. இலங்கையில் 1978ஆம் ஆண்டு அரசமைப்பு நாட்டின் பெயரிலேயே இக்கருத்தைச் சேர்த்தபோது, அங்குள்ள ஆட்சித்தமிழ் ‘சனநாயக சோசலிசக் குடியரசு’ எனக் கடன்சொல்லையே ஏற்றது.

ஆகவே ஒரே ஆங்கிலச் சொல்லுக்குச் சமுதாயம், சமநிலை, தருமம், நலம் என வெவ்வேறு மையங்கள் கிடைத்துள்ளன. இலங்கை வழக்கு எம்மையத்தையும் தேராமல் விட்டது. கடன்சொல் பொருளை விளக்காது என்பது அதன் குறை. முன்னரே உள்ள உறவொன்றைப் புதிய கருத்தின்மீது ஏற்றாது என்பது அதன் நிறை.

இவ்வடைமொழி 1948இலேயே முன்மொழியப்பட்டது என்பது நினைவுகூரத்தக்கது. அவ்வாண்டு நவம்பர் 15ஆம் நாள் கே.டி. ஷா கொண்டுவந்த திருத்தத்தை அம்பேத்கர் ஏற்கவில்லை. சமுதாயம் எவ்வாறு அமையவேண்டும் என்பதைக் காலத்திற்கும் சூழலுக்கும் ஏற்ப மக்களே முடிவுசெய்ய வேண்டும் என்பது அவர் வாதம். வழிகாட்டு நெறிகளில் அக்கருத்து ஏற்கெனவே இடம்பெற்றுள்ளது என்றும் அவர் சுட்டினார். இலக்கண நோக்கில் கூறின், அவர் தம் வாதத்தில் மக்களை எழுவாயாக நிறுத்தினார்.

3. சமதர்மம்: ஆக்கமும் தேய்வும்

‘சமதர்மம்’ என்னும் சொல்லின் வலிமை அதனுள் உள்ள முரணில் இருக்கிறது. தருமம் என்பது வருண ஆசிரம வழக்கில் ஒவ்வொருவர்க்கும் வெவ்வேறாக வகுக்கப்பட்ட கடமை. பிறப்புக்கேற்ப வேறுபடுவதே அதன் இயல்பு. அதன்முன் ‘சம’ என்னும் அடையைச் சேர்ப்பது, அவ்வேறுபாட்டையே மறுப்பதாகும். சுயமரியாதை இயக்கத்தினர் இச்சொல்லை மனுதர்மத்திற்கு எதிர்ச்சொல்லாக ஆண்டமையால், அது பொருளியற் கோட்பாட்டின் பெயராக மட்டும் நில்லாமல் சாதிமறுப்பின் பெயராகவும் விளங்கியது. மார்க்ஸ், எங்கெல்ஸ் இயற்றிய கம்யூனிஸ்டு அறிக்கையின் தமிழாக்கம் 1931இல் ‘குடி அரசு’ இதழில் ‘சமதர்ம அறிக்கை’ என்னும் தலைப்பில் வெளிவந்தது. சோஷலிசம், கம்யூனிசம் என்னும் இரண்டும் அக்காலத்தில் இவ்வொரு சொல்லின் எல்லைக்குள் அடங்கின என்பதை இத்தலைப்புக் காட்டுகிறது. பின்னர்ப் ‘பொதுவுடைமை’ கம்யூனிசத்திற்கு நிலைபெற, ‘சமதர்மம்’ சோஷலிசத்திற்கு ஒதுங்கியது.

எனினும் தமிழில் தருமம் என்பதற்கு மற்றொரு பொருளும் உண்டு. இரப்போர்க்கு இடுவது தருமம். மக்களின் வரிப்பணத்தில் நடக்கும் அரசு மருத்துவமனையைத் ‘தரும ஆஸ்பத்திரி’ என்று அழைக்கும் பேச்சுவழக்கு இதனைத் தெளிவுறுத்தும். உரிமையாகப் பெறவேண்டிய மருத்துவம் அச்சொல்லால் கொடையாகிவிடுகிறது. மனுதர்மம் என்னும் எதிர்ச்சொல் அருகில் நிற்கும்வரை சமதர்மத்தின் கூர்மை மங்குவதில்லை. முகப்புரையின் அடைமொழி வரிசையில் அது தனித்து நிற்கும்போது அவ்வெதிர்வு மறைந்துவிடுகிறது. படிப்போர் அதனைப் பிரித்துப் பொருள்கொள்வதில்லை. ஒரு முத்திரையாகவே கடந்து செல்கின்றனர்.

‘சமநலச் சமுதாயம்’ தருமத்தை நீக்கி நலத்தை வைக்கிறது. 2024 நவம்பர் 25ஆம் நாள் உச்ச நீதிமன்றம் இவ்வடைமொழிகளை எதிர்த்த மனுக்களைத் தள்ளுபடி செய்தது. அப்போது, இந்தியச் சூழலில் சோஷலிசம் என்பது மக்கள்நல அரசையும் வாய்ப்புச் சமத்துவத்தையும் குறிக்கும், தனியார் துறையைத் தடுக்காது என விளக்கியது. இவ்விளக்கத்தை நோக்கின், உடைமையை முதன்மைப்படுத்தும் சொல் இங்குப் பொருந்தாது. ‘சமநலம்’ நெருங்கிய பெயர்ப்பே. ஆயினும் நலம் என்பதும் பெரும்பாலும் ஒருவர் பேண, மற்றொருவர் பெறும் பொருள். இதனால் எழும் சிக்கலை அடுத்த பகுதி ஆராய்கிறது.

4. கொடையும் தகவும்

நான்காம் வேற்றுமைக்கு நன்னூல் கொடை, பகை, நேர்ச்சி, தகவு, அதுவாதல், பொருட்டு, முறை முதலிய பொருள்களைக் கூறுகிறது. ‘ஏழைக்கு அரிசி கொடுத்தார்’ என்பதிலும் ‘உழைத்தவருக்குக் கூலி உரியது’ என்பதிலும் உருபு ஒன்றே. முன்னதில் அது கொடைப்பொருளைத் தருகிறது. பின்னதில் தகவுப்பொருளைத் தருகிறது. ‘மக்களுக்கு நீதி’ என்னும் தொடரின் பொருள் இவ்விரண்டில் எது என்பதை உருபு முடிவுசெய்வதில்லை. அதனை முடிக்கும் வினையே முடிவுசெய்கிறது. ‘மக்களுக்கு நீதி வழங்கப்படும்’ என்றால் கொடை. ‘மக்களுக்கு நீதி உரியது’ என்றால் தகவு.

கொடுத்தல் வினைகளில் சமூகப் படிநிலை பொதிந்திருப்பதைத் தமிழ் இலக்கண மரபு முன்னரே உணர்ந்திருந்தது. தொல்காப்பிய எச்சவியல் ஈ, தா, கொடு என்பவற்றை முறையே இழிந்தோன், ஒப்போன், உயர்ந்தோன் கூற்றாக வகைப்படுத்துகிறது. கேட்பவர் தம்மை எந்நிலையில் வைத்துக் கேட்கிறார் என்பது வினைத்தேர்விலேயே வெளிப்பட்டது. இன்றைய தமிழில் இவ்வேறுபாடு வழக்கிழந்துவிட்டது. ஆனால் ஆட்சித்தமிழில் ‘வழங்கு’ என்னும் வினை பெற்றுள்ள ஆதிக்கம் அப்படிநிலையை வேறுவகையில் நிலைநிறுத்துகிறது. ‘நலத்திட்ட உதவிகள் வழங்கும் விழா’ என்னும் தொடரில் வழங்குவோர் மேடையில் இருக்கின்றனர். கொள்வோர் வரிசையில் நிற்கின்றனர்.

முகப்புரையின் தமிழாக்கம் இவ்வகையில் பாராட்டத்தக்கது. ஆங்கில மூலம் ‘எல்லாக் குடிமக்களுக்கும்’ எனப் பொருள்படும் அமைப்பைக் கையாள, தமிழாக்கம் குடிமக்களை எழுவாயாக்கி, ‘எய்து’ என்னும் வினையைப் பயன்படுத்தி, ‘எய்திடச் செய்தல்’ எனப் பிறவினைப்படுத்துகிறது. எய்திடச் செய்யும் வினைமுதல் ‘இந்திய மக்களாகிய நாம்’ என்பதே; எய்துவோர் குடிமக்களே. பெயர்ச்சொல்லில் நேர்ந்த நெகிழ்வை இவ்வினையமைப்பு பெருமளவு ஈடுசெய்கிறது. சொல்லுக்குச் சொல் ஒப்பிட்டு மதிப்பிடும் முறையில் இச்சிறப்புப் புலப்படாது.

5. பிரதிநிதித்துவமும் ஒதுக்கீடும்

வினையால் நேரும் பொருள்மாற்றத்திற்குத் தெளிவான சான்று ‘இடஒதுக்கீடு’ ஆகும். சென்னை மாகாணத்தில் 1921இல் தொடங்கிய அரசாணைகளையொட்டி வழங்கிய சொல் ‘வகுப்புவாரிப் பிரதிநிதித்துவம்’. ‘வகுப்புரிமை’ என்பதும் வழங்கியது. நீண்டவை, வடசொற்கலப்புடையவை என்னும் குறைகள் இவற்றுக்கு உண்டு. ஆயினும் இவை உரிமையுடையோரை மையப்படுத்தின. 1951இல் செண்பகம் துரைராசன் வழக்கில் அவ்வரசாணை செல்லாதெனத் தீர்ப்பானது. அவ்வாண்டே முதல் திருத்தத்தின் வழி 15(4) சேர்ந்தது. அதன்பின் ‘ரிசர்வேஷன்’ என்பதும் அதன் தமிழாக்கமும் முதன்மை பெற்றன.

‘ஒதுக்கு’ என்பது செயப்படுபொருள் குன்றாவினை. ஒதுக்குவோர் ஒருவர் இன்றியமையாதவர். ஒதுக்கப்படும் பொருளுக்கு அவரே உடையவர் என்னும் குறிப்பும் தோன்றுகிறது. மேலும் ‘ஒதுக்கிவைத்தல்’ என்பது ஊர்விலக்கையும் குறிக்கும். விலக்கப்பட்டோர்க்கு நீதி செய்யும் ஏற்பாட்டிற்கு விலக்கலையே குறிக்கும் வினையடி அமைந்தது நல்வாய்ப்பன்று.

சட்டத்தை நோக்கின் இதன் விளைவு தெளிவாகும். 16(4)ஆம் உறுப்பில் ஒதுக்கீடு வழிமுறையாகவும், அரசுப் பணிகளில் போதிய பிரதிநிதித்துவம் பெறாமை அதற்குரிய நிபந்தனையாகவும் அமைந்துள்ளன. 2019ஆம் ஆண்டின் 103ஆம் திருத்தம் சேர்த்த 16(6) பொருளாதாரத்தில் நலிந்த பிரிவினர்க்குப் பத்து விழுக்காடு வரை ஒதுக்க இடமளிக்கிறது. அதில் பிரதிநிதித்துவம் பற்றிய நிபந்தனை இல்லை. 2022இல் உச்ச நீதிமன்றம் மூன்றுக்கு இரண்டு என்னும் பெரும்பான்மையில் இத்திருத்தத்தை ஏற்றது. இவ்விரு உறுப்புகளின் அடிப்படைகள் வெவ்வேறு. தமிழில் இரண்டும் ‘இடஒதுக்கீடு’ என்றே வழங்குகின்றன. வழிமுறையின் பெயர் நோக்கத்தின் பெயரை விழுங்கிவிட்டமையால், வேறுபாட்டைப் பற்றிய விவாதம் சொல்லளவிலேயே தடைப்படுகிறது. 16(4) பற்றிய மொழிபெயர்ப்பில் ‘பிரதிநிதித்துவம்’ அல்லது ‘சார்பாண்மை’ என்னும் சொல் விடுபடுமாயின் சட்டத்தின் காரணமே விடுபடுகிறது.

‘சமூகநீதி’ என்னும் தொகையிலும் ஒரு கவனம் தேவை. அதனைச் சமூகத்தில் நீதி, சமூகத்தின் நீதி, சமூகத்துக்கு நீதி என மூவகையாக விரிக்கலாம். ‘சமூகம்’ சாதியைக் குறிக்கும் வழக்கும் தமிழில் பரவலாக உள்ளது. எனவே மூன்றாம் விரிவு ‘எம் சமூகத்துக்கு உரிய பங்கு’ எனச் சுருங்க இடமுண்டு. முதல் விரிவே கோட்பாட்டிற்கு ஏற்றது. அரசமைப்பின் தமிழாக்கம் ‘சமுதாய’ என்னும் அடையைக் கொண்டது இம்மயக்கத்தைக் குறைக்கிறது. ஆனால் வழக்கு ‘சமூகநீதி’யையே தேர்ந்துவிட்டது, அதனை மாற்ற முனைவதைவிட, விரிவு தெளியும்படி தொடரமைப்பதே நடைமுறைக்கு உகந்தது.

6. உரிமைத்தொகையும் பயனாளியும்

கொள்வோரைக் குறிக்கும் சொற்களில் அண்மைக் காலத்தில் ஒரு மாற்றம் காணப்படுகிறது. 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் பெயரில் ‘அறியும்’ என்னும் வினைக்குக் குடிமக்களே எழுவாய். தமிழ்நாட்டில் 2023 செப்டம்பரில் தொடங்கப்பட்ட மகளிர்க்கான மாதத்தொகைத் திட்டம், ‘உதவித்தொகை’ என்னும் பழகிய சொல்லை விடுத்து ‘உரிமைத்தொகை’ என்னும் பெயரை ஏற்றது. பெயரளவில் இது கொடையிலிருந்து தகவிற்கு நகர்ந்த மாற்றம். ஆனால் அத்தொகையைப் பெறும் மகளிர் ஆட்சித்தமிழில் ‘பயனாளிகள்’ என்றே குறிக்கப்படுகின்றனர். உரிமை உடையவர் ‘உரிமையர்’ ஆவார். பயனை நுகர்பவரே பயனாளி. ஒரே அறிக்கையில் இரு சொற்களும் சேர்ந்து வரும்போது ஒன்று நிறுவிய உறவை மற்றொன்று குலைக்கிறது. தகுதி நிபந்தனைகளுக்கு உட்பட்ட தொகையை உரிமை எனலாமா என்னும் வினாவும் எழுகிறது. ஆயினும் அப்பெயர் அளிக்கும் பயன் ஒன்று உண்டு: தொகை மறுக்கப்பட்டவர் காரணம் கேட்பதற்கு அச்சொல்லே துணைநிற்கும். ‘உதவி’ என்னும் சொல் அத்துணையைத் தராது.

7. முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் மூன்று கருத்துகள் பெறப்படுகின்றன. நீதி சார்ந்த கலைச்சொல்லை அதனுடன் வரும் வினையோடு சேர்த்தே மதிப்பிட வேண்டும். கலைச்சொல் அகராதிகள் பெயரோடு அதன் வினையமைப்பையும் பதிவுசெய்தல் நலம். வழிமுறைக்கும் நோக்கத்திற்கும் மூலம் தனித்தனிச் சொற்களைக் கையாளின் தமிழிலும் அவை தனித்தனியே நிற்க வேண்டும். குடிமக்களை எழுவாயாகவோ தகவுப்பொருளிலோ நிறுத்த இயலும் இடத்தில் அவர்களைக் கொடைப்பொருளில் நிறுத்துதல் மொழிபெயர்ப்புப் பிழையாகக் கொள்ளப்பட வேண்டும். ‘வழங்கப்படும்’ என்று எழுத வேண்டிய இடங்கள் ஆட்சித்தமிழில் உண்டு. மூலத்தில் கொடை இல்லாத இடத்தில் அச்சொல் வருமாயின், மொழிபெயர்ப்பாளர் தம்மை அறியாமலேயே சட்டம் அளித்த உரிமையைக் குறைத்துவிடுகிறார்.