சைலண்ட் ஹில் தொடரும் கன்சோல் தேர்வும்

சைலண்ட் ஹில், ஜப்பானின் கொனாமி நிறுவனம் 1999 முதல் வெளியிட்டுவரும் திகில் வீடியோ கேம் தொடர். மூடுபனி சூழ்ந்த ஒரு அமெரிக்கச் சிற்றூரும், அங்கே வந்து சேரும் மனிதர்களின் குற்றவுணர்வும் துயரமும் இத்தொடரின் மையம். இதைப் புதிதாக விளையாட விரும்புபவர் முதலில் கேட்பது, எந்தக் கன்சோலை வாங்க வேண்டும் என்பது. பொதுவாக விலை, வேகம், படத்தெளிவு ஆகியவற்றைக் கொண்டு இதற்குப் பதில் சொல்லப்படுகிறது. சைலண்ட் ஹில்லுக்கு அந்த அளவுகோல் போதாது. ஒரே பெயரில் வெவ்வேறு கன்சோல்களில் கிடைப்பவை, பல இடங்களில் வெவ்வேறு படைப்புகளாகவே இருக்கின்றன. ஆகவே கன்சோலைத் தேர்ந்தெடுப்பது எந்தப் படைப்பை அடைவது என்று தேர்ந்தெடுப்பதாகிறது.

தொடரின் பரவல்

முதல் ஆட்டம் 1999இல் சோனியின் முதல் பிளேஸ்டேஷனில் வெளியானது. இரண்டாம் ஆட்டம் 2001இல் பிளேஸ்டேஷன் 2க்கு வந்தது. மூன்றாவது 2003இலும், 'தி ரூம்' எனப்படும் நான்காவது 2004இலும் அதே கன்சோலில் வெளியாயின. இந்த நான்கையும் உருவாக்கியது கொனாமிக்குள் இயங்கிய, டீம் சைலண்ட் என்று அறியப்படும் குழு.

அதன்பின் தொடர் வெளி நிறுவனங்களின் கைக்குச் சென்றது. 'ஆரிஜின்ஸ்' 2007இல் கையடக்கக் கருவியான பி.எஸ்.பி.யிலும், 'ஹோம்கமிங்' 2008இல் பிளேஸ்டேஷன் 3, எக்ஸ்பாக்ஸ் 360 ஆகியவற்றிலும் வந்தன. 'ஷேட்டர்ட் மெமரீஸ்' 2009இல் நின்டெண்டோவின் வீ கன்சோலுக்கு வந்தது. 'டவுன்போர்' 2012இல் மீண்டும் பிளேஸ்டேஷன் 3, எக்ஸ்பாக்ஸ் 360 இரண்டிலும் வந்தது. நீண்ட இடைவெளிக்குப் பிறகு, இரண்டாம் ஆட்டத்தின் மறு ஆக்கம் 2024 அக்டோபரில் பிளேஸ்டேஷன் 5க்கும் விண்டோஸ் கணினிக்கும் வெளியானது. 1960களின் ஜப்பானைக் களமாகக் கொண்ட 'சைலண்ட் ஹில் எஃப்' 2025 செப்டம்பரில் வந்தது.

தொடரின் முக்கிய ஆட்டங்கள் அனைத்தையும் ஓட்டும் கன்சோல் எதுவும் இல்லை. புதிய கன்சோலை வாங்கினால் பழையவையும் அதில் வந்துவிடும் என்ற எதிர்பார்ப்பு இங்கே செல்லாது.

மூடுபனி பிறந்த இடம்

தொடரின் அடையாளமான மூடுபனியே ஒரு வன்பொருளின் குறையிலிருந்து பிறந்தது. முதல் பிளேஸ்டேஷனின் முதன்மை நினைவகம் 2 எம்.பி. மட்டுமே. 1996இல் வெளியான கேப்காமின் 'ரெசிடென்ட் ஈவில்', முன்கூட்டியே வரைந்த நிலைப்படங்களைப் பின்னணியாக வைத்து இந்த எல்லையைச் சமாளித்தது. கெய்ச்சிரோ தோயாமா இயக்கிய சைலண்ட் ஹில் வேறு வழியில் சென்றது. ஊரின் தெருக்கள் முழுவதையும் அது முப்பரிமாணத்தில் உடனுக்குடன் வரைந்தது. தொலைவிலுள்ள கட்டடங்களை வரையும் திறன் கன்சோலுக்கு இல்லை. அந்தத் தொலைவை மூடுபனியும் இருளும் மறைத்தன.

குறையை மறைக்க வந்த பனி, ஆட்டத்தின் பொருளாகவே மாறியது. மகளைத் தேடி ஊருக்குள் அலையும் ஹேரி மேசனுக்குச் சில அடி தூரத்துக்கு அப்பால் எதுவும் தெரிவதில்லை. பார்வை பயன்படாத இடத்தில் செவி முன்னுக்கு வருகிறது. அவன் கையிலுள்ள வானொலிப் பெட்டி, விலங்குருக்கள் நெருங்கும்போது இரைகிறது. எதிரி இருப்பது முதலில் காதுக்குத்தான் தெரியும். அகிரா யமாவோகாவின் இரும்பு உரசும் இசையும் கன்ட்ரோலரின் அதிர்வும் இதனுடன் சேர்ந்துகொள்கின்றன. காயம்பட்டால் கன்ட்ரோலர் இதயம் துடிப்பதுபோல் அதிரும். எந்தக் கருவியின் மேல் ஆட்டம் எழுதப்பட்டதோ, அந்தக் கருவியும் அதன் நடையின் ஒரு பகுதி என்பதற்கு இது தெளிவான சான்று.

பிளேஸ்டேஷன் 2இன் இடம்

நினைவகம் 32 எம்.பி.யாக உயர்ந்த பிளேஸ்டேஷன் 2இல் மூடுபனி இனிக் கட்டாயமாக இருக்கவில்லை. இருந்தும் டீம் சைலண்ட் அதைக் கைவிடவில்லை. அடர்ந்தும் கலைந்தும் நகரும் பனியாக அதை வளர்த்தெடுத்தது. டார்ச் விளக்கின் ஒளியில் நிழல்கள் நீண்டு சுருங்கின. பழைய திரைப்படச் சுருளில் தெரிவதுபோன்ற புள்ளித்துகள் படத்தின் மேல் படர்ந்தது. குழாய்த் தொலைக்காட்சியின் மென்மையான திரையில் இவை ஒன்றோடொன்று கலந்து தெரிந்தன.

இரண்டாம் ஆட்டத்தின் நாயகன் ஜேம்ஸ் சண்டர்லேண்ட். இறந்துபோன மனைவியிடமிருந்து வந்த கடிதத்தைப் பிடித்துக்கொண்டு அவன் ஊருக்கு வருகிறான். அவனது முடிவு எப்படி அமையும் என்பதை ஆட்டம் வெளிப்படையாகக் கேட்பதில்லை. மனைவியின் படத்தையும் கடிதத்தையும் எடுத்துப் பார்க்கிறாரா, ஏஞ்சலா என்ற பெண் விட்டுச்சென்ற கத்தியை அடிக்கடி பார்க்கிறாரா, காயத்தை ஆற்றிக்கொள்ளாமல் நடக்கிறாரா, மரியாவின் அருகிலேயே இருக்கிறாரா என்று விளையாடுபவரின் பழக்கங்களைக் கவனித்து முடிவை அமைக்கிறது. இவ்வளவு நுட்பமான உரையாடலை விளையாடுபவரோடு நடத்திய ஆட்டங்கள் அக்காலத்தில் குறைவு.

இங்கே பிளேஸ்டேஷன் 2இன் நடைமுறைப் பயனையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். முதல் பிளேஸ்டேஷனின் வட்டுகளையும் அது ஓட்டும். எனவே 1999இன் முதல் ஆட்டம் தொடங்கி நான்காம் ஆட்டம் வரை டீம் சைலண்டின் முழுப் பணியும் ஒரே கன்சோலில் கிடைக்கிறது. ஆரிஜின்ஸ், ஷேட்டர்ட் மெமரீஸ் ஆகியவற்றின் மாற்று வடிவங்களும் இதற்கு வெளியாயின. மொத்தம் 6 ஆட்டங்கள். 

எச்.டி. தொகுப்பு என்ற எச்சரிக்கை

புதிய கன்சோலுக்கு மாற்றினால் பழைய ஆட்டம் மேம்படும் என்ற நம்பிக்கையை 2012இன் 'எச்.டி. கலெக்‌ஷன்' உடைத்தது. பிளேஸ்டேஷன் 3க்கும் எக்ஸ்பாக்ஸ் 360க்கும் வெளியான இத்தொகுப்பில் இரண்டாம், மூன்றாம் ஆட்டங்கள் இருந்தன. கொனாமியிடம் எஞ்சியிருந்த மூல நிரல், கடைகளுக்குச் சென்ற இறுதி வடிவத்தினுடையதாக இல்லை. மாற்றியமைத்தவர்கள் முன்பே தீர்க்கப்பட்டிருந்த பிழைகளை மீண்டும் எதிர்கொள்ள வேண்டியிருந்தது.

விளைவு, படத்தெளிவு கூடியது, ஆட்டம் கெட்டது. பனி மெலிந்ததால் அது மறைத்துவைத்திருந்த விளிம்புகள் வெளியே தெரிந்தன. ஏரிக் காட்சியில் நீர்ப்பரப்பு முடியும் இடம்கூடக் கண்ணில் பட்டது. ஒரு பெயர்ப்பலகையில் காமிக் சான்ஸ் எழுத்துரு வந்து அமர்ந்தது. மூன்றாம் ஆட்டத்தில் மூலக் குரல்கள் இல்லை. புதிய குரல்கள் மட்டுமே. பிளேஸ்டேஷன் 3 வடிவத்துக்குத் திருத்தம் ஒன்று வந்தது. எக்ஸ்பாக்ஸ் 360 வடிவத்துக்கு அறிவிக்கப்பட்ட திருத்தம் கைவிடப்பட்டது.

இத்தொகுப்பின் இன்னொரு குறை அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. மூன்றாம் ஆட்டம் முதல் ஆட்டத்தின் நேரடித் தொடர்ச்சி. ஹெதரின் கதை ஹேரி மேசனின் கதையை அறிந்தவருக்கே முழுமையாகப் புரியும். தொகுப்போ முதல் ஆட்டத்தை விட்டுவிட்டது. இதன் வழியாகத் தொடருக்குள் வருபவர் ஒரு கதையின் இரண்டாம் பாதியை மட்டும் படிக்கிறார்.

வீ கன்சோலின் தனி வழி

கருவியை ஒட்டி எழுதுதல் டீம் சைலண்டோடு முடிந்துவிடவில்லை. கிளைமேக்ஸ் நிறுவனம் உருவாக்கிய ஷேட்டர்ட் மெமரீஸ் அதற்குச் சான்று. வீயின் கைக்கருவியே இதில் டார்ச் விளக்கு. கையை அசைக்கும் திசையில் ஒளி செல்லும். கதைக்குள் வரும் தொலைபேசி அழைப்பு கைக்கருவியிலுள்ள சிறு ஒலிபெருக்கியில் ஒலிக்கும். பேச்சைக் கேட்கக் கருவியைக் காதருகே கொண்டுபோகத் தோன்றும். ஆயுதம் ஏதும் இல்லை; ஓடுவதற்கு மட்டுமே வழி.

இதே ஆட்டம் பிளேஸ்டேஷன் 2க்கு மாறியபோது கதை அப்படியே இருந்தது. ஆனால் விளக்கு ஒரு குமிழுக்குள் போயிற்று, அழைப்பு தொலைக்காட்சியிலிருந்து வந்தது. பிளேஸ்டேஷன் 2 இத்தொடரின் சிறந்த இல்லம் என்ற முடிவுக்கு இந்த ஓர் ஆட்டம் விலக்கு. இதை வீயில் விளையாடுவதே பொருத்தம்.

அழிந்த ஆட்டம்

2014 ஆகஸ்டில் பிளேஸ்டேஷன் 4இல் 'பி.டி.' என்ற இலவச ஆட்டம் வெளியானது. ஒரே நடைகூடத்தில் திரும்பத் திரும்ப நடக்கவைக்கும் இந்தச் சிறு ஆட்டம், ஹிடியோ கோஜிமாவும் திரைப்பட இயக்குநர் கில்லெர்மோ டெல் டோரோவும் உருவாக்கவிருந்த 'சைலண்ட் ஹில்ஸ்' என்ற பெரிய ஆட்டத்தின் முன்னோட்டம். 2015இல் அத்திட்டம் கைவிடப்பட்டது. பி.டி.யும் இணையக் கடையிலிருந்து நீக்கப்பட்டது. முன்பு பதிவிறக்கியவர்களும் அழித்துவிட்டால் மீண்டும் பெற முடியாமல் போனது. வட்டில் வெளியாகாத ஆட்டம் என்பதால் நூலகத்திலோ பழைய பொருள் கடையிலோ தேடவும் இயலாது. அதைச் சேமித்து வைத்திருக்கும் பிளேஸ்டேஷன் 4 கருவிகள் மட்டுமே அதன் எஞ்சிய பிரதிகள்.

1999இல் அச்சான வட்டு இன்றும் ஓடுகிறது. 2014இல் வெளியான ஆட்டத்தைப் புதிதாக வரும் ஒருவர் முறையாக அடைய வழியில்லை. கன்சோல் தேர்வில் வட்டு ஓட்டும் வசதியை ஒரு கூடுதல் வசதியாக மட்டும் கருதுபவர்கள் கவனிக்க வேண்டிய வேறுபாடு இது.

மறு ஆக்கத்தின் மதிப்பு

போலந்தின் புளூபர் டீம் செய்த 2024 மறு ஆக்கம் நல்ல வரவேற்பைப் பெற்றது. அது தகுதியானதே. பனிக்கு இன்று எந்தத் தொழில்நுட்பக் கட்டாயமும் இல்லாதபோதும் அது பனியை நம்பி நிற்கிறது. முகங்களின் நடிப்பு நுட்பமானது. ஏஞ்சலாவின் காட்சிகள் மூலத்தின் வலியைக் குறைக்கவில்லை.

இருந்தாலும் அது மூலத்துக்கு மாற்றாகாது. 2001இல் பல இடங்களில் கேமரா எங்கே நிற்க வேண்டும் என்பதைப் படைப்பாளிகள் தீர்மானித்தார்கள். ஜேம்ஸை உயரத்திலிருந்தும் மூலையிலிருந்தும் யாரோ பார்ப்பதுபோன்ற கோணங்கள் அவை. மறு ஆக்கத்தில் கேமரா அவன் தோளுக்குப் பின்னால் நிற்கிறது. கண்காணிக்கப்படும் மனிதனாக இருந்த ஜேம்ஸ், விளையாடுபவரின் கண்ணாக மாறிவிடுகிறான். தாக்குதலை விலகித் தப்பும் அசைவு புதிதாகச் சேர்ந்திருக்கிறது. தடுமாறி அடிக்கும் எளிய மனிதன் கொஞ்சம் பயிற்சி பெற்றவனாகத் தெரிகிறான். ஆட்டத்தின் நீளமும் ஏறத்தாழ இரு மடங்காகிவிட்டது. சண்டைகள் பெருகப் பெருக, வெற்றுத் தெருவில் நடப்பதன் அச்சம் தேய்கிறது. மூலத்தை அறிந்தவருக்கு இது அதன்மீதான ஒரு நல்ல விளக்கவுரை. மூலத்தை அறியாதவர் விளக்கவுரையை மட்டும் படிக்கும் நிலையில் இருக்கிறார்.

பிளேஸ்டேஷன் 5இல் இத்தொடரிலிருந்து கிடைப்பவை இந்த மறு ஆக்கம், 2024இல் இலவசமாக வந்த 'தி ஷார்ட் மெசேஜ்', சைலண்ட் ஹில் எஃப் ஆகியவை. முதல் ஆட்டத்தின் மறு ஆக்கம் 2025இல் அறிவிக்கப்பட்டிருக்கிறது. ஹேரி, ஹெதர் இருவரின் கதையும் மூல வடிவில் அதில் இல்லை.

எதைத் தேர்ந்தெடுப்பது

தொடரை அதன் முழு வலுவோடு அறிய விரும்புபவருக்குப் பொருத்தமான கன்சோல் பிளேஸ்டேஷன் 2. அதை வாங்குபவர் சிலவற்றைக் கவனிக்க வேண்டும். வட்டுகளும் கன்சோலும் ஒரே வட்டாரத்துக்கு உரியவையாக இருக்க வேண்டும். ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா ஆகியவற்றின் வட்டுகள் ஒன்றுக்கொன்று மாற்றி ஓடா. முதல் ஆட்டத்தின் சேமிப்புக்கு முதல் பிளேஸ்டேஷனின் மெமரி கார்டு தனியாகத் தேவை. பிளேஸ்டேஷன் 2இன் 8 எம்.பி. கார்டில் அந்த ஆட்டத்தை நேரடியாகச் சேமிக்க முடியாது. முதல் ஆட்டத்தின் ஐரோப்பிய வடிவத்தில், பள்ளிக்கூடத்தில் கத்தியோடு வரும் சிறுவர் உருக்கள் நீக்கப்பட்டு வேறு உருக்கள் வைக்கப்பட்டன என்பதும் நினைவில் இருக்க வேண்டும். குழாய்த் தொலைக்காட்சி கிடைத்தால் படம் உருவாக்கப்பட்ட விதத்திலேயே தெரியும்.

இந்த வழி செலவு வைக்கும். பழைய வட்டுகள் அரிதாகி விலை ஏறி நிற்கின்றன. அத்தனை தேடலுக்கு வசதியில்லாதவர் பிளேஸ்டேஷன் 5இல் மறு ஆக்கத்திலிருந்து தொடங்குவதில் தவறில்லை. எது மூலம், எது விளக்கவுரை என்று அறிந்து தொடங்கினால் போதும். தவிர்க்க வேண்டியது எச்.டி. தொகுப்பு ஒன்றைத்தான். அது மூலத்தின் பெயரில் மூலத்தைக் கெடுத்துத் தருகிறது. அதை முதலில் விளையாடுபவர், இவ்வளவு புகழப்பட்ட ஆட்டம் இதுதானா என்று கேட்டு விலகிப்போக நேரும்.

ஒரு புதினத்தின் நல்ல பதிப்பு எது என்று சொல்வது விமர்சனத்தின் கடமைகளில் ஒன்று. வீடியோ கேமுக்கு அந்தக் கடமை இன்னும் கூடுதலாக இருக்கிறது, ஏனெனில் இங்கே கெட்ட பதிப்புகள் புதிய கன்சோலின் பளபளப்போடு வருகின்றன. சைலண்ட் ஹில்லின் சிறந்த பகுதி இன்று பழைய வட்டுகளிலும், உற்பத்தி நின்றுபோன ஒரு கன்சோலிலும் எஞ்சியிருக்கிறது. உரிமை வைத்திருக்கும் நிறுவனம் முதல் நான்கு ஆட்டங்களையும் மாற்றமின்றி இன்றைய கன்சோல்களுக்குத் தரும்வரை, அவற்றைப் பாதுகாக்கும் பொறுப்பு பழைய கருவிகளைத் தூக்கி எறியாமல் வைத்திருப்பவர்களிடமே இருக்கிறது.