துணைநிலைக் கலைஞனும் வானொலித் தலைமையும்: நிக்கலஸ் பார்சன்ஸ் பற்றிய ஒரு நோக்கு

நடிப்புக்கலை பற்றிய திறனாய்வு பெரும்பாலும் தலைமைப் பாத்திரங்களைச் சுற்றியே நிகழ்ந்து வந்துள்ளது. கூத்தில் அரச வேடமும், திரைப்படத்தில் கதாநாயகனும் பெறும் கவனத்தைப் பிற்பாட்டுக்காரரோ துணைநடிகரோ பெறுவதில்லை. வில்லுப்பாட்டில் 'ஆமாம்' போடுபவர் ஓரிரவு வாராதொழியின் கதைசொல்பவரின் வேகம் எவ்வாறு தளரும் என்பதை அரங்கிலிருப்போர் அறிவர். எனினும் அவருடைய பங்கினைக் கலையென மதித்து ஆராய்ந்தோர் சிலரே. இக்குறைபாடு தமிழுக்கு மாத்திரம் உரியதன்று. பிரித்தானியத் தொலைக்காட்சியில் துணைநடிகராக அறியப்பட்டுப் பின்னர் அரைநூற்றாண்டுக் காலம் வானொலி நிகழ்ச்சியொன்றின் தலைவராக விளங்கிய நிக்கலஸ் பார்சன்ஸ் (1923 - 2020) பற்றிய மதிப்பீடுகளிலும் இதனைக் காணலாம். அவருடைய நீண்ட ஆயுளும் நயத்தக்க நாகரிகமும் பாராட்டப்பட்ட அளவிற்கு அவருடைய கலை ஆராயப்படவில்லை.

பார்சன்ஸ் இங்கிலாந்தின் கிராந்தம் நகரில் மருத்துவர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர். இளமையில் திக்குவாய் உடையவராயிருந்தார். நடிகனாகும் அவருடைய விருப்பத்தைக் குடும்பத்தார் ஏற்றாரிலர். நடுத்தர வர்க்கப் பெற்றோர் பிள்ளைக்கு உறுதியான உத்தியோகத்தை நாடுதல் எங்கும் உள்ளதே. அதன்படி ஸ்கொட்லாந்தின் கிளைட் ஆற்றங்கரைத் தொழிற்சாலையொன்றிலே பொறியியற் பயிலுநராக ஐந்து ஆண்டுகளைக் கழித்தார். கப்பற்கட்டும் தொழிலாளர் நடுவே உயர்தரப் பள்ளியின் ஆங்கிலம் பேசிய இளைஞன் கேலிக்குள்ளாகாமல் இருந்திருக்க முடியாது. பிறர் குரலைப் போலப் பேசிக் காட்டும் ஆற்றல் அங்கே அவருக்குப் பயன்பட்டது. பிறர் பேச்சினைக் கூர்ந்து செவிமடுக்கும் பழக்கம் இவ்வாறு தொழிற்சாலையிலேயே வலுப்பெற்றது எனலாம். போரின் பின்னர் நாடகக் குழுக்களிலும் பி.பி.சி.யின் வானொலி நாடகக் குழுவிலும் பணியாற்றி அவர் தொழின்முறை நடிகரானார்.

அவருடைய தொலைக்காட்சி வாழ்வின் முதற்கட்டம் 1956 முதல் 1966 வரை ஒளிபரப்பான ஆதர் ஹேய்ன்ஸ் நிகழ்ச்சியோடு பிணைந்தது. ஜொனி ஸ்பைற் எழுதிய உரையாடல்களில் ஹேய்ன்ஸ், பதக்கங்கள் அணிந்த நாடோடியாகவும் வாயாடித் தொழிலாளியாகவும் தோன்றினார். அவருக்கு எதிரே நின்ற கனவான், அதிகாரி, மதகுரு முதலிய வேடங்கள் பார்சன்ஸுக்கு உரியனவாயின. நகைச்சுவையில் இவ்வெதிர்நிலை நடிகனின் பணி கடினமானது. அவன் சிரித்தலாகாது, சிரிக்க வைக்கவும் முனைதலாகாது. ஆனால் வினாவை எப்போது எழுப்புவது, எரிச்சலை எவ்வளவு அடக்குவது, மௌனத்தை எத்துணை நேரம் நீட்டுவது என்பவற்றை அவனே தீர்மானிக்கின்றான். நாடோடியின் சொற்கள் ஒலிபெறுவதற்குக் கனவானின் திகைப்பே சுவராக அமைகின்றது.

இதற்கொரு சமூகப் பொருளும் உண்டு. ஐம்பதுகளின் பிரித்தானியாவில் உயர்வர்க்கத்தின் உச்சரிப்பே அதிகாரத்தின் குரலாக விளங்கியது. அக்குரலை மெய்யாகவே உடைய ஒருவன், அக்குரலின் தோல்வியை வாரந்தோறும் நடித்துக் காட்டினான். எழுத்து ஸ்பைற்றினுடையது, வெற்றி ஹேய்ன்ஸினுடையது என்று கூறி இங்கே நிறுத்திக்கொள்வது முறையாகாது. தோற்பவன் நம்பத்தக்கவனாக இல்லாவிடின் அங்கதம் வெறுங் கூச்சலாகிவிடும்.

1967 டிசம்பர் 22இல் பி.பி.சி.யின் நான்காவது வானொலியில் 'ஜஸ்ற் எ மினிற்' என்னும் நிகழ்ச்சி ஆரம்பமாயிற்று. அதனை அமைத்தவர் இயன் மெசிற்றர். பார்சன்ஸ் பேச்சாளர்களுள் ஒருவராகப் பங்குபெறவே விரும்பியிருந்தார். தலைமைக்குக் கருதப்பட்ட ஜிம்மி எட்வேர்ட்ஸ் வர இயலாமையால் அவ்விடம் இவரை வந்தடைந்தது. முதல் ஒலிப்பதிவு மேலதிகாரிகளைக் கவரவில்லை. தயாரிப்பாளர் டேவிட் ஹச் விடாப்பிடியாக நின்றமையாலேயே நிகழ்ச்சி தொடர்ந்தது. விரும்பாமற் பெற்ற இவ்விருக்கையில் அவர் 2019 வரை அமர்ந்திருந்தார்.

விளையாட்டின் விதி எளியது. கொடுக்கப்பட்ட பொருள்பற்றி ஒருவர் அறுபது விநாடிகள் பேசுதல் வேண்டும். தயங்கலாகாது, கூறியது கூறலாகாது, பொருளைவிட்டு விலகலாகாது. பிழை கண்டவர் இடைமறிக்கலாம். இடைமறிப்புச் சரியாயின் புள்ளியும் எஞ்சிய நேரமும் அவருக்கு. தவறாயின் புள்ளி பேசுபவருக்கு. 'கூறியது கூறல்' நூற்குற்றங்களுள் ஒன்றென இலக்கண நூலார் கொண்டதனை நினைவுகூருவோர்க்கு இவ்விதி புதிதாகத் தோன்றாது. ஆனால் எழுத்திலே தவிர்க்கத்தக்க அக்குற்றத்தை வாய்ப்பேச்சிலே தவிர்த்தல் ஏறத்தாழ இயலாதது. 'பி.பி.சி.' என்று சொல்லியவுடனேயே ஓரெழுத்து இருமுறை வந்துவிட்டதென ஒருவர் இடைமறிக்கக்கூடும். அதனை ஏற்பதா மறுப்பதா என்பது தலைவரின் பொறுப்பு.

நிகழ்ச்சியின் உண்மையான நாடகம் இத்தீர்ப்புகளிலேயே பிறக்கின்றது. பேச்சு ஓடுங்கால் தலைவர் நான்கு செயல்களை ஒருங்கே செய்கின்றார்: விதி மீறப்பட்டதா எனச் செவிமடுக்கின்றார், இடைமறித்தவர் கூறும் காரணத்தை நிறுக்கின்றார், எஞ்சிய விநாடிகளை அறிவிக்கின்றார், அரங்கத்தின் சிரிப்பு அடங்கும் கணத்தை அறிந்து பேச்சினை மீளத் தொடக்குகின்றார். இவற்றுள் நான்காவதே கலைஞனின் பணி. ஒரு கணம் முந்தினால் சிரிப்பு முறியும். ஒரு கணம் பிந்தினால் ஓட்டம் அறும். ஹேய்ன்ஸுக்கு எதிரே பத்தாண்டு நின்று பெற்ற பயிற்சி இங்கேதான் பயனளித்தது. காட்சியில்லாத வானொலியில் முகபாவம் உதவாது. உண்மையான கண்டிப்பையும் கண்டிப்பின் நடிப்பையும் குரல் ஒன்றினாலேயே வேறுபடுத்திக் காட்டுதல் வேண்டும்.

பேச்சாளர்களுக்கும் அவருக்கும் இடையிலான உறவு முன்னைய அமைப்பின் மறுவடிவமே. 1968இல் சேர்ந்த கென்னத் வில்லியம்ஸ் தீர்ப்புகளைக் கேட்டுக் கொதித்தெழுவார். கிளெமென்ற் ஃபிரொய்ட் சட்டத்தரணிபோல் நுணுகி வாதிடுவார். டெரெக் நிம்மோவும் பீற்றர் ஜோன்ஸும் தத்தம் பாணியிற் குத்திக்காட்டுவர். தலைவரைக் கேலிசெய்தல் நிகழ்ச்சியின் எழுதாவிதியாகவே நிலைபெற்றது. அவரோ கேலியைப் பொறுத்ததோடு நில்லாது அதனை அழைத்துப் பெற்றார். ஒழுங்கினை மெய்யாகக் காக்க முனையும் ஒருவன் இருந்தாலன்றி ஒழுங்கு மீறுவோரின் செயலிற் சுவை பிறவாது. இவ்வுண்மையை உணர்ந்து, தம் அதிகாரத்தையே நகைப்பொருளாக்கினார். ஆயின் அவ்வதிகாரத்தை ஒருபோதும் கைவிட்டாரல்லர்.

இவருடைய வாழ்க்கைப்பணியின் குறைகளையும் நோக்குதல் வேண்டும். 1971 முதல் 1983 வரை அங்கிலியா தொலைக்காட்சியின் 'சேல் ஒஃப் த செஞ்சுரி' என்னும் வினாவிடை நிகழ்ச்சியை நடத்தியபோது அவர் பெற்ற புகழ் பரந்தது, கலைப்பெறுமானமோ சிறிது. பொருள்களை மலிவு விலைக்குக் காட்டிப் போட்டியாளரைத் தூண்டும் அந்நிகழ்ச்சியில் அவருடைய பண்பட்ட குரல் நுகர்வுப் பண்பாட்டின் அழைப்புக் குரலாகவே பயன்பட்டது. 1989இல் 'டொக்டர் ஹூ' தொடரின் ஃபென்ரிக் கதையில், போர்க்காலத்தில் இறைநம்பிக்கை தளர்ந்து வாடும் மதகுருவாக அவர் நடித்ததைப் பார்ப்போர், வினாவிடை மேடை எத்தகைய நடிகனை மறைத்து வைத்திருந்தது என்பதை உணர்வர். அடங்கிய குரலிலே வெளிப்படும் அத்துயரம் அவருடைய ஆற்றலின் மறுபக்கத்துக்குச் சான்று. அத்தகைய வேடங்கள் மேலும் கிட்டாமை அவருக்கும் பார்வையாளருக்கும் இழப்பே.

'ஜஸ்ற் எ மினிற்'றும் குறையற்றதன்று. முதல் நிகழ்ச்சியின் நால்வருள் பெரில் றீட், வில்மா ஏவார்ற் என்னும் இருவர் பெண்களாயிருந்தும், பின்னர் நெடுங்காலம் அது ஆடவர் ஆதிக்கம் மிக்கதாகவே விளங்கியது. சொல்வன்மையை நிலையான கல்விப் பின்னணியுடையோரின் விளையாட்டாகக் கருதும் மனப்பாங்கும் அங்கே காணப்பட்டது. எனினும் எண்பதுகளின் இறுதியில், பல்கலைக்கழகம் செல்லாது தொழில்வாய்ப்பு அலுவலகத்தில் எழுதுவினைஞராயிருந்து வந்த போல் மேர்ட்டன் அதே விதிகளைக்கொண்டு வேறொரு நகைச்சுவையை உருவாக்கினார். கல்விச் செருக்கின்றிக் கற்பனையின் பாய்ச்சலையே அவர் நம்பினார். முன்னைய தலைமுறையாருக்குப் பழகிப்போன தலைவர் இப்புதிய போக்குக்கும் இடங்கொடுத்தார். 1988இல் வில்லியம்ஸ் மறைந்தபோது முடிந்திருக்கக்கூடிய நிகழ்ச்சி அதன்பின்னும் தொடர்ந்தது. 2012இல் மும்பையிலும் அது ஒலிப்பதிவு செய்யப்பட்டது. பேச்சாளர்கள் மாறினர், செவிமடுப்பவர் மாறவில்லை.

2018இல் ஐம்பதாண்டுகளில் முதன்முறையாக அவர் ஒலிப்பதிவுக்கு வர இயலாதபோது கைல்ஸ் பிராண்ட்ரெத் அவ்விடத்தில் அமர்ந்தார். 2020 ஜனவரி 28இல் தமது தொண்ணூற்றாறாவது வயதில் பார்சன்ஸ் காலமானார். மறு ஆண்டு சூ பேர்க்கின்ஸ் தலைமையேற்றார். நிகழ்ச்சி அவரோடு மறையாமையைக் கொண்டு, அவர் இன்றியமையாதவர் அல்லர் எனச் சிலர் வாதிடலாம். உண்மையில், தம்மைவிட நீண்டு நிலைக்கும் ஓர் அமைப்பைப் பேணிக் கையளித்தலே துணைநிலைக் கலைஞனின் வெற்றியாகும்.

தொகுத்து நோக்குமிடத்து, பார்சன்ஸின் நிலை தலைமை நடிகனாக உயர முடியாத ஒருவன் வானொலியில் ஒதுங்கிக் கொண்ட நிலையன்று. தொலைக்காட்சியில் ஒருவருக்குத் துணைநின்றவர் வானொலியில் நால்வருக்குத் துணைநின்றார். தலைமை என்னும் பெயரே வேறுபட்டது. பட்டிமன்ற நடுவர் பேச்சாளரைவிட நீளப் பேசி அரங்கினைத் தமதாக்கிக்கொள்ளும் வழக்கம் பரவியுள்ள சூழலில் இவ்வேறுபாடு ஆழ்ந்து சிந்திக்கத்தக்கது. ஒரு நிமிடமேனும் பிறர் தடையின்றிப் பேசுவதற்கு வேண்டிய இடத்தை அளந்து கொடுத்தலும் கலையே. அக்கலைக்குத் தன் வாழ்நாளின் பெரும்பகுதியை அளித்தவன், திறனாய்வின் அளவுகோலைத் திருத்திக்கொள்ளுமாறு கேட்கும் தகுதியுடையவன்.