தலைமுறையின் களைப்பா, வர்க்கத்தின் களைப்பா?

இளைஞரின் தொழில் வாழ்வைப் பற்றி மேல்நாட்டுப் பத்திரிகைகளில் வெளிவரும் கட்டுரைகள் பெரும்பாலும் இருவகைப்படும். உழைக்க மனமற்றவர்கள் என இளைஞரைப் பழிப்பன ஒரு வகை; விரும்பிய தொழிலைச் செய்தால் வெற்றி தானே வருமென உபதேசிப்பன மற்றொரு வகை. இவ்விரண்டையும் மறுத்தெழுந்த எழுத்து என்றவகையில், அமெரிக்கப் பத்திரிகையாளர் ஆன் ஹெலன் பீற்றர்சன் 2019 ஜனவரியில் 'பஸ்பீட் நியூஸ்' என்னும் இணையப் பத்திரிகையில் வெளியிட்ட கட்டுரை எமது கவனத்துக்குரியது. 2020இல் அது 'கான்ற் ஈவின்' என்னும் நூலாக விரிந்தது.

கத்தியைச் சாணைபிடிக்கக் கொடுத்தல், சப்பாத்தைத் தைக்கக் கொடுத்தல் போன்ற சில்லறை வேலைகளைக்கூடத் தம்மால் செய்து முடிக்க இயலாமற் போவது ஏன் என்று ஆசிரியை தம்மையே வினவுகிறார். சோம்பல் அன்று, ஓயாத உழைப்பினால் உள்ளமும் உடலும் எரிந்துபோன நிலையே காரணம் என்பது அவர் காணும் விடை. 1981க்கும் 1996க்கும் இடையில் பிறந்தோர் சிறுவயதிலேயே போட்டிக்குப் பழக்கப்பட்டனர். கடன்பட்டுப் பல்கலைக்கழகம் சென்றனர். அவர்களுட் பலர் 2008ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடியில் நிலையற்ற வேலைகளுக்குள் தள்ளப்பட்டனர். இக்களைப்பைத் தனிமனிதக் குறைபாடாகக் கருதாது, சமுதாய அமைப்பின் விளைவாகக் கண்டமை பீற்றர்சனின் சாதனை. விடுமுறையும் சுயமுன்னேற்ற நூல்களும் இதற்கு மருந்தாகா என அவர் துணிந்து கூறுவதை நாம் வரவேற்கிறோம்.

ஆயினும், களைத்தவர் யார் என்ற வினாவுக்கு அவர் தரும் விடை எமக்கு உடன்பாடன்று. கட்டுரை வெளிவந்த சில நாட்களிலேயே கறுப்பினக் கவிஞர் ரியானா கிளார்க் அதே பத்திரிகையில் மறுமொழி எழுதினார். தம் இனத்தவரின் களைப்பு ஒரு தலைமுறையோடு தோன்றியதன்று, அடிமைக் காலத்திலிருந்தே தொடர்ந்து வருவது என்பது அவரது வாதத்தின் சாரம். தம் பார்வை வெள்ளை மத்தியதர வர்க்கத்தினருக்குள் அடங்கியதை நூலில் ஒப்புக்கொண்டு, அதனை அகலப்படுத்த முயன்றது பீற்றர்சனின் நேர்மைக்குச் சான்று. எனினும் நூலின் மையப் பாத்திரம் தலைமுறையாகவே நின்றுவிடுகிறது.

பேஸ்புக் அதிபர் மார்க் சக்கர்பேர்க் 1984இல் பிறந்தவர். நியூயோர்க்கின் ஸ்ரேற்றன் தீவிலுள்ள அமேசன் பண்டகசாலையில் வேலைசெய்து, 2020இல் வேலைநீக்கப்பட்ட கிறிஸ் ஸ்மோல்ஸ் 1988இல் பிறந்தவர். பிறந்த ஆண்டுகளை மட்டும் நோக்கின் இருவரும் ஒரே தலைமுறையினர். உழைப்பை விற்பவனையும் வாங்குபவனையும் ஒரே பெயரால் அழைக்கும் கோட்பாடு எதனை விளக்கும்? அமெரிக்க ஊழியருள் தொழிற்சங்க அங்கத்தவர் 1983இல் 20.1 சதவீதம், 2019இல் 10.3 சதவீதம். சங்கங்களின் வீழ்ச்சியை நூல் குறிப்பிடத்தான் செய்கிறது. ஆனால் அது பல காரணங்களுள் ஒன்றாக ஒதுங்கிவிடுகிறது. இளைஞர் தனித்தனியே களைத்து விழுவதன் அடிப்படை அங்கேயே உள்ளது என்பது எமது கருத்து.

இதற்கு அப்பத்திரிகையின் வரலாறே சான்று. கட்டுரை வெளியான அதே ஜனவரியில் பஸ்பீட் நிறுவனம் தன் ஊழியருள் ஏறத்தாழ 15 சதவீதத்தினரை நீக்குவதாக அறிவித்தது. அடுத்த மாதமே அங்குள்ள பத்திரிகையாளர் சங்கம் அமைக்கப்போவதாக அறிவித்தனர். ஜூலையில் நிறுவனம் சங்கத்தை அங்கீகரித்தது. களைப்பை எழுதிய பத்திரிகையிலேயே களைத்தவர்கள் ஒன்றுகூடினர்.

சங்கம் அமைத்தவுடன் யாவும் சரியாகிவிடும் என நாம் மயங்கவில்லை. பஸ்பீட் நியூஸ் 2023இல் மூடப்பட்டது. 2022 ஏப்பிரிலில் ஸ்மோல்ஸும் தோழர்களும் 2,131க்கு எதிராக 2,654 வாக்குகள் பெற்று அமேசனில் சங்கம் கண்டனர். கம்பனியோ அம்முடிவை ஏற்காது வழக்காடியது. போராட்டம் நீண்டது, தோல்விகளும் உடையது. ஆயினும் என் களைப்புக்கு நானே காரணம் என்று எண்ணிக் குமைந்தவன், தன்னைப் போன்றோர் ஆயிரக்கணக்கில் உளர் என உணரும் கணம் அற்பமானதன்று.

பீற்றர்சனின் நூல் அக்கணத்தின் வாயில்வரை வாசகரை அழைத்துச் செல்கிறது. எமது மாணவர் அதனைப் படிக்க வேண்டும். படித்தபின், இக்களைப்பினால் இலாபம் அடைவோர் யார் என்ற வினாவை அவர்கள் எழுப்புமாறு செய்தல் ஆசிரியராகிய எமது கடமை.