எழுத்தட்டையும் ஒலிப்பும்: செசூ ஹயகாவாவின் திரைவாழ்வு

இரு பண்பாடுகளுக்கிடையே இயங்கும் நடிகரை மொழிபெயர்ப்பாளரோடு ஒப்பிடுவதுண்டு. இவ்வொப்புமை செசூ ஹயகாவாவுக்கு (1886-1973) முழுமையாகப் பொருந்துவதில்லை. ஜப்பானில் பிறந்து அமெரிக்க மௌனப் படங்களில் புகழ்பெற்ற அவர், பெயர்ப்பவராக இருந்ததைக் காட்டிலும் பிறரால் பெயர்க்கப்படும் பனுவலாகவே பெரிதும் இருந்தார். பேசும் படத்தின் வருகையும் அயல் ஒலிப்புமே அவரை வீழ்த்தின என்னும் கருத்து இந்நோக்கில் மறுஆய்வுக்குரியது.

அவரை நட்சத்திரமாக்கிய படம் செசில் பி. டெமில் இயக்கிய 'தி சீட்' (1915). கடன்பட்ட வெள்ளைப் பெண்ணின் தோளில் சூட்டுக்கோலால் தன் முத்திரையைப் பதிக்கும் ஜப்பானிய வணிகன் ஹிஷூரு டோரியாக அதில் அவர் நடித்தார். அமெரிக்கவாழ் ஜப்பானியர் இப்படத்தை எதிர்த்தனர். முதல் உலகப் போரில் ஜப்பான் நேச நாடுகளின் அணியில் இருந்தது. 1918இல் படம் மீண்டும் வெளியானபோது, காட்சிகளுக்கிடையே வரும் எழுத்தட்டைகள் மாற்றப்பட்டன. டோரி, ஹாகா அராகாவ் என்னும் பர்மியத் தந்த வணிகனானான். ஆனால் காட்சிகள் மாறவில்லை. ஷின்தோ ஆலய வாயிலின் வடிவம் கொண்ட முத்திரையும் அப்படியே நின்றது. சொல் ஒரு நாட்டையும் படிமம் வேறொரு நாட்டையும் சுட்டின. இம்முரண் வெளியீட்டிற்குத் தடையாகவில்லை என்பதே கருதத்தக்கது. பெயர்ப்பில் மாறியது நாட்டின் பெயர் மட்டுமே. 'கீழைநாட்டான்' என்னும் குறிப்பீடு மாறவில்லை.

இதே 1918இல் ஹயகாவா, ஹவொர்த் என்னும் சொந்தப் படநிறுவனத்தைத் தொடங்கினார். அதன் 'தி டிராகன் பெயின்டர்' (1919) ஜப்பானில் நிகழும் கதை. எனினும் அதன் மூலம் மேரி ஃபெனலோசா என்னும் அமெரிக்கப் பெண்மணி எழுதிய ஆங்கில நாவல். மலைக்காட்சிகள் கலிபோர்னியாவின் யோசமிட்டியில் எடுக்கப்பட்டவை. தன்வயமான உரிமை கிட்டியபோதும், அமெரிக்கருக்கு முன்பே அறிமுகமான ஜப்பானையே அவர் காட்ட நேர்ந்தது.

1922இல் அவர் ஹாலிவுட்டை விட்டு நீங்கினார். பேசும் படங்கள் பரவியது அதன் பின்னரே. எனவே, வீழ்ச்சிக்கு ஒலிப்பை மட்டும் காரணமாக்குதல் கால வரிசைக்கு ஒவ்வாது. அக்காலத்தில் வளர்ந்துவந்த ஜப்பானியர் எதிர்ப்புணர்வையும் உடன் எண்ணவேண்டும். அது 1924ஆம் ஆண்டின் குடியேற்றச் சட்டத்தில் உருப்பெற்றது. 'டாட்டர் ஆஃப் தி டிராகன்' (1931) படத்தில் அவர் சீனத் துப்பறிவாளர். உடன் நடித்த அன்னா மே வோங், லாஸ் ஏஞ்சலஸில் பிறந்த சீன அமெரிக்கர். ஒருவருக்கு ஆங்கிலம் கற்ற மொழி, மற்றவருக்குப் பிறந்த மண்ணின் மொழி. எழுத்தட்டை மறைத்துவந்த வேறுபாட்டை ஒலி வெளிப்படுத்தியது.

'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்' (1957) படத்தின் கர்னல் சைட்டோ பாத்திரம் அவருக்குச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் பரிந்துரையைப் பெற்றுத் தந்தது. பிரிட்டிஷ் கைதிகளுக்கு அவர்கள் மொழியிலேயே ஆணையிடும் அத்தளபதியிடம், முன்பு குறையாக எண்ணப்பட்ட அயல் ஒலிப்பு பாத்திரப் பண்பாயிற்று. எனினும், அவ்வொலிப்பு இசைந்த இடம் மீண்டும் பகைவனின் இடமே. இலக்கு மொழி, மூலத்தின் எக்கூறுகளை எந்நிலையில் ஏற்கிறது என்னும் மொழிபெயர்ப்பியல் வினாவுக்கு இத்திரைவாழ்வு ஒரு தெளிவான சான்று எனலாம்.