துப்புரவும் துப்பறிதலும்: ஆங்கிலத் துப்பறியும் நாவலில் வீட்டுப் பணிப்பெண்

துப்பறியும் நாவலை இலக்கிய ஆய்வுக்குரிய பொருளாகக் கொள்வதற்கு நம்மிடையே இன்றும் ஒரு தயக்கம் உண்டு. பொழுதுபோக்குக்காக எழுதப்படுவது, சந்தைக்காக உற்பத்தி செய்யப்படுவது என்று அதனை ஒதுக்கிவிடுவோர், வேறெந்த இலக்கிய வகையைக் காட்டிலும் சொத்தைப் பற்றி இடைவிடாது பேசும் வகை அதுவே என்பதைக் கவனிப்பதில்லை. கிராம்சி தமது சிறைக் குறிப்புகளில் இதனைப் பொருட்படுத்தி எழுதினார். ஏர்னஸ்ற் மண்டேல் 1984இல் குற்றக் கதையின் சமூக வரலாற்றைத் தனி நூலாகவே வெளியிட்டார். இவர்கள் இருவரும் அதிகம் நின்று நோக்காத ஒருத்தியைப் பற்றியே நாம் இங்கு பேச விரும்புகின்றோம். கொலை நடந்த வீட்டின் தரையைக் கழுவுபவள் அவள்.

துப்பறியும் நாவலின் பழகிப்போன கதைப்பின்னல்களுள் ஒன்று, பிரிந்துபோன மகனைத் தேடுவது. ரொஸ் மக்டொனல்ட் 1959இல் எழுதிய ‘த கோல்ற்றன் கேஸ்’ என்னும் நாவல் இதற்குத் தக்க சான்று. முதுமையடைந்த செல்வந்த விதவையொருத்தி, இருபது ஆண்டுகளுக்கு மேலாகப் பிரிந்திருக்கும் தன் மகனைக் கண்டுபிடிக்க விரும்புகிறாள். அவன் தன் வர்க்கத்துக்குப் புறம்பான பெண்ணொருத்தியை மணந்து, வேறு பெயரில் வாழ்ந்து, 1936இல் மறைந்துபோனவன். குடும்ப வழக்கறிஞர் ஊடாக லூ ஆச்சர் என்ற தனியார் துப்பறிவாளன் இதற்காகக் கூலிக்கு அமர்த்தப்படுகிறான். தாயின் துயரம் பொய்யானதென்று நாம் கூறவில்லை. ஆனால் அத்துயரம் காசோலையாக மாறும்போதுதான் கதை தொடங்குகிறது என்பது மனங்கொள்ளத்தக்கது. மகனைத் தேடும் பயணம் விரைவிலேயே வாரிசைத் தேடும் பயணமாகிறது. மகன் கொலையுண்டமை தெரியவந்ததும், பேரனென்று வந்து நிற்கும் இளைஞன் உண்மையான பேரனா அல்லது சொத்துக்காக ஏவிவிடப்பட்ட வேடதாரியா என்பதே நாவலின் மையக் கேள்வியாகிவிடுகிறது. சிறுவயதில் தந்தையால் கைவிடப்பட்டுக் கனடாவில் உறவினர் வீடுகளில் வளர்ந்த மக்டொனல்ட், தம் சொந்த வாழ்வின் காயத்தையும் இதனுள் வைத்தார். அதனாலேயே இந்நாவல் அதன் வகையைச் சேர்ந்த பலவற்றிலும் உயர்ந்து நிற்கிறது. அத்தகைய நாவலிலும் வேலையாளுக்குக் கிடைக்கும் இடம் எது? வழக்கறிஞரின் வீட்டு ஏவலாளன் தொடக்கத்திலேயே குத்திக் கொல்லப்படுகிறான். அவனும் பழைய குற்றக் கும்பலொன்றோடு தொடர்புடையவன் என்று பின்னர் அறிகிறோம். பிணமாகவும் குற்றவாளியாகவும் கதைக்குள் வரும் அவனால், அறிந்தவனாக மட்டும் வர முடியவில்லை.

ஆச்சரின் இடத்தில், அந்த விதவையின் மாளிகையை நாள்தோறும் கூட்டித் துடைக்கும் பெண்ணை அமர்த்தியிருந்தால் நாவல் என்னவாகியிருக்கும்? இது வேடிக்கைக்காக எழுப்பும் கேள்வியன்று. துப்பறிவாளன் வெளியிலிருந்து வருபவன். கேள்வி கேட்டும் மிரட்டியும் ஒளிந்திருந்தும் அவன் திரட்டும் செய்திகளிற் பெரும்பகுதியை வேலைக்காரி தன் உழைப்பின் போக்கிலேயே அறிந்துவிடுகிறாள். படுக்கை விரிப்பை மாற்றுபவளுக்கு யார் எங்கே உறங்கினார் என்பது தெரியும். குப்பைக் கூடையைக் கொட்டுபவளுக்கு எந்தக் கடிதம் கிழிக்கப்பட்டது என்பது தெரியும். துப்பறிதலின் மூலப்பொருள் துப்புரவுத் தொழிலாளியின் கையிலேயே இருக்கிறது. ஆயினும் அவ்வறிவை அறிவென ஏற்றுக்கொள்ள இவ்விலக்கிய வகைக்கு நூறாண்டுக்கு மேல் எடுத்தது.

தொழிலாளர் தொகையில் இப்பெண்கள் சிறுபான்மையினராக இருந்தமையால் அவ்வாறு நேர்ந்தது என்று சொல்வதற்கும் இடமில்லை. ‘மூலதனம்’ முதலாம் தொகுதியில் மார்க்ஸ் 1861ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டை எடுத்துக்காட்டுகிறார். இங்கிலாந்திலும் வேல்சிலும் வீட்டு ஏவலாளர் 1,208,648 பேர். நெசவாலைகளிலும் சுரங்கங்களிலும் உழைத்தோர் அனைவரையும் கூட்டினாலும் 1,208,442 பேர்தான். இயந்திரத் தொழிலின் பெருக்கம் ஏவலாளர் வர்க்கத்தையும் பெருக்கிற்று என்பதே அவர் அங்கு சுட்டும் முரண்பாடு.

அந்நூல் வெளிவந்த 1867க்கு மறு ஆண்டு, வில்கி கொலின்சின் ‘த மூன்ஸ்ரோன்’ வெளிவந்தது. ஆங்கிலத் துப்பறியும் நாவலின் முன்னோடியாகப் பலரும் கொள்ளும் இந்நாவலின் வைரம், 1799இல் ஸ்ரீரங்கபட்டணம் வீழ்ந்தபோது ஆங்கிலேய அதிகாரி ஒருவன் கொள்ளையடித்தது. அந்நிய நாட்டில் நடந்த கொள்ளை ஆங்கிலேய வீட்டுக்குள் களவாகத் திரும்பி வருகிறது. வைரம் களவுபோன இரவில், புதிதாக வர்ணம் பூசப்பட்ட கதவொன்றில் யாருடைய ஆடையோ உராய்ந்திருக்கிறது. வர்ணக் கறை படிந்த அந்த ஆடை எது என்பதே வழக்கின் முடிச்சு. புகழ்பெற்ற துப்பறிவாளரான சார்ஜன்ற் கவ், சலவைக் கணக்குப் புத்தகத்தைக் கேட்கிறார். சரியான இடத்திலேயே கை வைக்கிறார். எனினும் பிழையான முடிவுக்கே வருகிறார். ஏனெனில் அந்த ஆடையை அவருக்கு முன்னரே கண்டுவிட்டவள் ஒருத்தி இருக்கிறாள். சீர்திருத்த இல்லத்திலிருந்து வேலைக்குக் கொண்டுவரப்பட்ட, முன்னாளில் திருடியாயிருந்த, ஒரு தோள் கோணிய பணிப்பெண் றொசானா ஸ்பியர்மன்தான் அவள். காலையில் பிராங்ளின் பிளேக்கின் படுக்கையைச் சீர்செய்யும்போது அவனுடைய இரவு உடையில் அக்கறையைக் காண்கிறாள். அவனை அவள் நேசிக்கிறாள். அவனோ அவளை ஏறிட்டும் பார்ப்பதில்லை. துணி வாங்கி, இரகசியமாக இன்னோர் உடையைத் தைத்து வைத்து, கறைபட்டதை ஒரு தகரப் பெட்டியில் இட்டுப் புதைமணலில் ஒளித்துவிட்டு, அதே மணலில் தானும் மூழ்கி இறக்கிறாள்.

இப்பாத்திரத்தை நாம் நீண்ட நேரம் எண்ணிப் பார்க்க வேண்டும். நாவலின் முதற் பாதியில் உண்மைக்கு மிக அருகில் நிற்பவள் றொசானா. தையல், சலவை, படுக்கை விரித்தல் ஆகிய மூன்று தொழில்களும் அவளை அங்கு கொண்டு சேர்த்தன. ஆனால் அவளது அறிவு காதலாக மட்டுமே வெளிப்படக் கொலின்ஸ் அனுமதிக்கிறார். அவளுடைய கடிதம் வாசிக்கப்படுவதற்கு அவள் இறக்க வேண்டியிருக்கிறது. இதன் கொடுமையைக் கொலின்ஸ் உணராதவரல்லர். றொசானாவின் தோழியான நொண்டி லூசியின் வாய்வழியாக, ஏழைகள் செல்வருக்கு எதிராக எழும் நாள் வரும் என்று சொல்ல வைக்கிறார். அந்த ஒரு கணத்தில் மாளிகையின் சுவர் அதிர்கிறது. பின்னர் கதை மீண்டும் வைரத்தைத் தேடிச் சென்றுவிடுகிறது.

அகதா கிறிஸ்ரியின் 1957ஆம் ஆண்டு நாவலான ‘4.50 பிறம் படிங்டன்’ வேறு விதமானது. இங்கே வீட்டு வேலை செய்யும் பெண் உண்மையாகவே தேடுதலுக்குக் கூலிக்கு அமர்த்தப்படுகிறாள். பிஸ்கற் உற்பத்தியாற் செல்வம் சேர்த்த குடும்பமொன்றின் மாளிகையில் வேலைக்குச் சேர்ந்து, அங்கு மறைக்கப்பட்டிருக்கக்கூடிய பிணமொன்றைக் கண்டுபிடிக்கும்படி மிஸ் மார்ப்பிள் லூசி ஐல்ஸ்பரோவை அனுப்புகிறார். அவள் கண்டுபிடித்தும் விடுகிறாள். போரில் மாண்ட மூத்த மகன் ஒரு பிரெஞ்சுப் பெண்ணை மணந்திருந்தானா, அவனுக்கு மகன் உண்டா, பாட்டனின் சொத்து யாருக்குச் செல்லும் என்ற பழைய கேள்விகளே இங்கும். ஆனால் லூசி யார்? ஒக்ஸ்போட்டில் கணிதத்தில் முதல் வகுப்பில் தேறியவள். போருக்குப் பிந்திய இங்கிலாந்தில் வேலையாட்கள் கிடைப்பது அரிதாகிவிட்டமையைக் கணித்து, கூடிய ஊதியம் பெறும் பொருட்டு இத்தொழிலை விரும்பித் தெரிந்தவள். எந்த வீட்டிலும் நீண்ட காலம் தங்காதவள். அதே வீட்டில் திருமதி கிடர் என்ற மெய்யான துப்புரவுத் தொழிலாளியும் இருக்கிறாள்; அவளுக்கு நாவல் ஒதுக்கியிருப்பது வம்பளக்கும் வேலை மட்டுமே. வேலைக்காரியின் அறிவைக் கிறிஸ்ரி அங்கீகரிக்கிறார், அதனைச் சீமாட்டியின் கையில் ஒப்படைத்த பின்னர். இறுதியில் குடும்பத்தின் ஆடவருள் எவரை லூசி மணப்பாள் என்ற ஊகத்தோடு நாவல் முடிகிறது. தேடியவள் குடும்பத்துக்குள் உள்வாங்கப்படுகிறாள். கதையின் வேகத்திற் குறை காண்பதற்கில்லை. பலமுறை வாசித்தும் அலுக்காத நாவல்தான்.

பார்பரா நீலி 1992இல் வெளியிட்ட ‘பிளான்ச் ஒன் த லாம்’ நாவல் இவ்விடத்திற்றான் முறித்துக்கொண்டு புறப்படுகிறது. நீலி (1941–2020) ஒரு கறுப்பினப் பெண் எழுத்தாளர். சமூகச் செயற்பாட்டாளராகவும் இயங்கியவர். இறந்துபோன சகோதரியின் இரு பிள்ளைகளை வளர்த்துவரும் நடுவயதுக் கறுப்பினப் பணிப்பெண் பிளான்ச் வைற், வட கரோலினாவில் நீதிமன்றத்தில் நிற்பதோடு நாவல் தொடங்குகிறது. குற்றம்: கணக்கிற் பணமின்றிக் காசோலை எழுதியமை. காரணம்: வேலை வாங்கியோர் கூலியைக் கொடாது வெளியூர் போய்விட்டமை. முப்பது நாட் சிறைத்தண்டனை கிடைக்கிறது. நீதிமன்றத்தில் ஏற்படும் சந்தடியைப் பயன்படுத்தித் தப்பியோடும் அவள், ஒரு செல்வந்த வெள்ளையர் வீட்டினுள் வேலைக்காரியாகவே நுழைந்து ஒளிந்துகொள்கிறாள். தேடப்படும் ஒருத்திக்கு ஏப்ரணைவிடப் பொருத்தமான மறைவிடம் இல்லை. அதை அணிந்தவளின் முகத்தை எவரும் பார்ப்பதில்லை.

முதற் பக்கத்திலேயே குற்றம் என்ற கருத்து புரட்டிப் போடப்படுகிறது என்பதை வாசகர் அவதானிக்கலாம். கூலியைத் திருடியவன் சட்டத்தின் முன் வருவதில்லை. கூலி கிடைக்காதவள் வருகிறாள். இது ஆசிரியரின் மிகையன்று. ஐக்கிய அமெரிக்காவில் 1935ஆம் ஆண்டின் தொழிலுறவுச் சட்டமும் சமூகப் பாதுகாப்புச் சட்டமும், 1938இன் நியாயத் தொழில் நியமச் சட்டமும் வீட்டுப் பணியாளரையும் விவசாயக் கூலிகளையும் புறத்தே நிறுத்தின. குறைந்தபட்சக் கூலி வீட்டுப் பணியாளருக்கு விரிவாக்கப்பட்டது 1974இல்தான். சங்கம் அமைக்கும் உரிமையை அளித்த முதற் சட்டம் அதன் பின்னரும் அவர்களை உட்கொள்ளவில்லை. தெற்கு மாநிலங்களில் இவ்விரு தொழில்களிலும் பெருந்தொகையினராக இருந்தோர் கறுப்பின மக்கள் என்பதை நினைவிற் கொண்டால், நீதிமன்றக் காட்சியின் பின்னணி தெளிவாகும்.

அந்த வீட்டிலும் கேள்வி சொத்துரிமை பற்றியதே. பணம் முதிய எம்லின் மாமியுடையது. அது மம்ஸ்பீல்ட் என்ற இளைஞனைச் சேர வேண்டியது. டவுன் குறைபாடுள்ளவன் என்பதால் அவனை வீட்டார் ஒரு மனிதனாகவே மதிப்பதில்லை. பணத்தைப் பராமரிக்கும் உரிமை தங்களுக்கு வரும்படி புதிய மரணசாசனம் எழுதுவிக்கின்றனர். அதற்குச் சாட்சிக் கையொப்பமிடுவோர் பிளான்சும் தோட்டக்காரன் நேற்றும். வேலைக்காரியின் கையெழுத்து சட்டத்துக்கு வேண்டியதாகிறது; அவளது வாய்மொழியை அதே சட்டம் கேளாது. நேற் கொல்லப்படும்போது அவள் உண்மையைத் தேடத் தொடங்குகிறாள். அவளை எவரும் இதற்குக் கூலிக்கு அமர்த்தவில்லை. ஆச்சருக்கும் அவளுக்கும் உள்ள வேறுபாடு இதுவே. ஆச்சர் வேண்டாமென்றால் வழக்கை விட்டுவிடலாம். பிளான்சுக்கு அது உயிர்ப் பிரச்சினை.

அவள் துப்பறியும் முறையும் தனியொரு மேதையின் முறையன்று. சமைக்கிறாள், பரிமாறுகிறாள், கதவருகே நின்று கேட்கிறாள். பின்னர் தொலைபேசியில் தோழி ஆர்டெலிடம் பேசுகிறாள். மிஸ் மினி என்ற முதியவளிடம் ஊரின் பெரிய வீடுகள் அனைத்தின் கதைகளும் உண்டு. பல வீடுகளிற் பல தலைமுறையாக உழைத்த பெண்கள் தமக்குள் பேசிச் சேர்த்து வைத்திருக்கும் கூட்டறிவு அது. கிறிஸ்ரி வம்பென்று ஒதுக்கியது நீலியிடம் ஆவணக் காப்பகமாகிறது. நாவலின் மிகச் சிறந்த பகுதிகள் இவை என்றே நாம் கருதுகின்றோம். கொலையின் விடுவிப்பு இவற்றோடு ஒப்பிடுகையிற் பலவீனமானது. கடைசி அத்தியாயங்களில் குற்றவாளியின் மனப்பிறழ்வு விளக்கமாக முன்வைக்கப்படும்போது, அதுவரை சமூகத்தைக் குற்றஞ்சாட்டிய நாவல் தனியாளின் நோயிற் போய் ஒதுங்கிவிடுகிறது.

பிளான்ச் ஓயாது அஞ்சும் நோயொன்று உண்டு. எசமானரின் குடும்பத்தைத் தன் குடும்பமென நம்பி, அவர்களது அன்பைக் கூலியாக ஏற்றுக்கொள்ளும் மனநிலை அது. தன்னைப் போன்றோரிடம் அதனைக் கண்டு அவள் கசப்பான ஒரு பெயரும் வைத்திருக்கிறாள். மம்ஸ்பீல்டிடம் அவளுக்கு மெய்யான பரிவு ஏற்படுகிறது. அவனும் கண்ணுக்குப் புலப்படாதவன், அவளும் அத்தகையவள். ஆகவேதான் அவன் தன்னோடு தங்கும்படி வேண்டும் இறுதிக் கட்டம் கனதி பெறுகிறது. நல்ல சம்பளம், நல்ல வீடு, அவளை விரும்பும் ஒருவன். றொசானா உயிர் கொடுத்தும் பெறாத ஒரு பார்வை. அவள் மறுக்கிறாள். அவன் மீது கோபமில்லாமலே மறுக்கிறாள். குடும்பத்தின் தரப்பிலிருந்து கிடைக்கும் பணத்தைப் பெற்றுக்கொண்டு, பிள்ளைகளுடன் பொஸ்ரன் நகருக்குப் புறப்படுகிறாள்.

இம்மறுப்பை வியந்து போற்றும் விமர்சகர் பலர். நாமும் அதன் பெறுமதியைக் குறைத்து மதிப்பிடவில்லை. ஆயினும் அப்பணம் மௌனத்தின் விலையும் கூட என்பதைச் சொல்லாது விடுதல் இயலாது. மம்ஸ்பீல்டை விட்டுச் செல்வதிற் காட்டிய தெளிவு, உண்மையை வெளியிடாது செல்வதில் இல்லை. தொலைபேசியின் மறுமுனையில் இருந்த பெண்களின் கூட்டறிவு ஒருத்தியின் தப்பித்தலுக்கே பயன்பட்டது. அவர்களின் கூலிக்கு அது எதுவும் செய்யவில்லை. 1998இல் வெளிவந்த மூன்றாம் நாவலில், பொஸ்ரனின் கறுப்பினக் குடியிருப்புகளில் ஈய வர்ணத்தால் நஞ்சேறும் குழந்தைகளின் பிரச்சினை வரும்போது, கூட்டுச் செயற்பாட்டை நோக்கி நீலி நகர்கிறார் என நாம் எதிர்பார்த்தோம். 2000இல் வெளிவந்த நான்காம் நாவலில் பிளான்ச் மீண்டும் வட கரோலினா வருகிறாள். பல ஆண்டுகளுக்கு முன் தான் வேலை செய்த வீட்டில் தன்னைப் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கிய வெள்ளையனைத் தேடுகிறாள். மற்றவருக்காகவன்றித் தனக்காகவே துப்பறிகிறாள். அந்நாவலில் ஆர்டெல் விருந்துகளுக்குச் சமைத்துக் கொடுக்கும் சிறு வணிகமொன்றை நடத்துகிறாள். பிளான்சும் அவளுக்குத் துணையாக, அதே செல்வந்தரின் விருந்து மண்டபங்களுக்கு உணவுத் தட்டங்களைச் சுமந்து செல்கிறாள்; இம்முறை, தோழியின் கணக்கில்.